பதினான்கு நிமிடம்

நண்பர்களே, கப்பல் மூழ்கிய கதைகளைப் பற்றிப் பேசப்போகிறேன் என்றதுமே "டைட்டானிக் தானே?" என்று உள்ளே வரும்போதே இரண்டு மூன்று பேர் கேட்டுவிட்டார்கள். டைட்டானிக்கைத் தொடாமல் இந்தப் பேச்சு முடியாது, அது சரிதான். ஆனால் நான் பேச வந்தது எம்ப்ரஸ் ஆஃப் அயர்லாந்து என்ற கப்பலைப் பற்றி. 1,012 பேரைக் கொண்டுபோன விபத்து அது. அதை உலகம் இப்படி மறந்துவிட்டதே என்பது எனக்கு நெடுநாளாக இருக்கும் ஆதங்கம்.

முதலில் டைட்டானிக்கை வேகமாகப் பார்த்துவிடுவோம். 1912 ஏப்ரல் 14 இரவு 11.40க்குப் பனிப்பாறையில் உரசியது, விடியற்காலை 2.20க்கு மூழ்கியது. இடையில் இரண்டு மணி நாற்பது நிமிடம் இருந்தது. கப்பலில் சுமார் 2,200 பேர், படகுகளிலோ 1,178 பேருக்குத்தான் இடம். சட்டப்படி அதுவே அதிகம், ஏனென்றால் அன்றைய பிரிட்டிஷ் விதி படகுக் கணக்கைக் கப்பல் எவ்வளவு பெரியது என்பதை வைத்துப் போட்டது, ஏறுகிற ஆட்களை வைத்து அல்ல. ஏறக்குறைய 1,500 பேர் இறந்தார்கள். உலகமே கொதித்துப்போய், ஆளுக்கொரு இடம் படகில் இருந்தே ஆகவேண்டும் என்ற முடிவுக்கு வந்தது. 1914 ஜனவரியில் லண்டனில் அதற்காக ஒரு சர்வதேச ஒப்பந்தமே கையெழுத்தானது.

அப்புறம் நான்கே மாதம். 1914 மே 28 மாலை, கனடாவின் கியூபெக் நகரிலிருந்து எம்ப்ரஸ் ஆஃப் அயர்லாந்து லிவர்பூலுக்குப் புறப்பட்டது. கப்பலில் 1,477 பேர். படகுகளில் அத்தனை பேருக்கும் இடம் இருந்தது, அதற்கு மேலும் இருந்தது. டைட்டானிக் சொல்லிக்கொடுத்த பாடத்தை இந்தக் கப்பல் ஒழுங்காகப் படித்திருந்தது.

லண்டனில் நடக்கவிருந்த மாநாட்டுக்காகச் சால்வேஷன் ஆர்மி என்ற கிறிஸ்தவத் தொண்டு அமைப்பின் கனடா வாத்தியக் குழுவும் அதில் போனது. கேப்டன் ஹென்றி கெண்டல். 1910இல் கொலைக் குற்றவாளி கிரிப்பன் தன் கப்பலில் மாறுவேடத்தில் வருவதைக் கண்டுபிடித்து, கம்பியில்லாத் தந்தியில் தகவல் கொடுத்துப் பிடிக்க வைத்தவர் இவர்தான். எம்ப்ரஸைக் கெண்டல் கியூபெக்கிலிருந்து ஓட்டிக்கொண்டு வந்தது அதுவே முதல் முறை.

செயின்ட் லாரன்ஸ் ஆறு அந்த இடத்தில் கடல் போலவே அகலம். பின்னிரவில் பாயிண்ட்-ஓ-பேர் என்ற இடத்தில் ஆற்றுவழி காட்டிய பைலட்டை இறக்கிவிட்டுக் கப்பல் கிளம்பியது. எதிரே நிலக்கரி ஏற்றிய நார்வே நாட்டுக் கப்பல் ஸ்டோர்ஸ்டாட் வந்துகொண்டிருந்தது. இரண்டும் ஒன்றின் விளக்கை ஒன்று தெளிவாகப் பார்த்துவிட்டன. அதற்குப் பிறகுதான் மூடுபனி இறங்கியது. கெண்டல் எஞ்சினைப் பின்னோக்கி இயக்கி, சங்கு ஊதிக் கப்பலை நிறுத்தினார். பனிக்குள் எதிர்க் கப்பல் எங்கே இருக்கிறது என்று ஒரு கப்பலில் கணித்தது இன்னொரு கப்பலின் கணிப்போடு ஒத்துப்போகவில்லை. இரவு இரண்டு மணி ஆகச் சில நிமிடம் இருக்கும்போது, ஸ்டோர்ஸ்டாட்டின் மூக்கு எம்ப்ரஸின் வலது விலாவில், இரண்டு புகைபோக்கிகளுக்கு நடுவே, பப்பாளிப் பழத்தில் கத்தி இறங்குவது போல இறங்கியது.

கெண்டல் ஸ்டோர்ஸ்டாட்டைப் பார்த்து ஒலிபெருக்கிக் குழலில் கத்தினார்: எஞ்சினை முன்னோக்கியே ஓட்டிக்கொண்டிரு, விலகிவிடாதே! குத்திய கப்பலே ஓட்டையை அடைத்துக்கொண்டிருக்கட்டும் என்பது அவர் எண்ணம். நடக்கவில்லை. ஸ்டோர்ஸ்டாட் நழுவிக்கொண்டு விலகியது, ஆறு உள்ளே புகுந்தது.

இனி நடந்ததைக் கொஞ்சம் நிதானமாகச் சொல்கிறேன். காற்றுக்காக வட்ட ஜன்னல்கள் பலவற்றைத் திறந்து வைத்திருந்தார்கள். கப்பல் வலப்பக்கம் சாய்ந்ததும் அவை ஒவ்வொன்றாகத் தண்ணீர் மட்டத்துக்கு வந்தன. ஓட்டை வழியாக வந்த தண்ணீர் கப்பலைச் சாய்த்தது, சாய்ந்ததால் ஜன்னல் வழியாகவும் வந்தது. அறைகளுக்கு இடையே இருந்த நீர்புகாக் கதவுகளை ஆள் போய்க் கையால் சுழற்றித்தான் மூடவேண்டும். அந்தச் சாய்வில், அந்த இருட்டில் யார் போவது? சில நிமிடங்களில் மின்சாரமும் போய்விட்டது. கீழ்த்தளத்தில் வலப்பக்கம் படுத்திருந்த பலர் படுக்கையைவிட்டு எழவே இல்லை.

படகுகள் இருந்தன. இடப்பக்கப் படகுகள் சாய்ந்த கப்பலின் உடம்பிலேயே மோதி நின்றன, சில அவிழ்ந்து மேல்தளத்தில் சறுக்கிக்கொண்டு போய் ஆட்களையே நசுக்கின. விரல்விட்டு எண்ணக்கூடிய படகுகள்தான் ஒழுங்காகத் தண்ணீரில் இறங்கின. கப்பல் முழுக்கப் பக்கவாட்டில் படுத்துவிட்ட பிறகு, நூற்றுக்கணக்கானவர்கள் அதன் இடப்பக்க இரும்பு மதில் மேல் ஏறி நின்றார்கள். கப்பல் மருத்துவர் ஜேம்ஸ் கிராண்ட் ஒரு வட்ட ஜன்னல் வழியாகத் தலையை நீட்டி, வெளியே நின்றவர்கள் பிடித்து இழுக்க, அப்படித்தான் பிழைத்தார். பிறகு ஸ்டோர்ஸ்டாட்டில் குளிரில் விறைத்துக் கிடந்தவர்களுக்கு விடிய விடிய வைத்தியம் பார்த்தவரும் அவரே. அந்த இரும்பின் மேல் நின்றவர்களுக்குக் கிடைத்தது ஒரு சில நிமிடம்தான். மோதியதிலிருந்து மொத்தமே 14 நிமிடம். கப்பலில் இருந்த 138 குழந்தைகளில் பிழைத்தவர்கள் நான்கு பேர்.

விசாரணைக்குத் தலைமை தாங்கியவர் மெர்சி பிரபு. டைட்டானிக்கை விசாரித்த அதே நீதிபதி. மூடுபனிக்குள் திசை மாற்றிய ஸ்டோர்ஸ்டாட் மேல்தான் தப்பு என்றது அந்த விசாரணை. நார்வேக்காரர்கள் நடத்திய விசாரணை எம்ப்ரஸ் மேல் தப்பு என்றது. யார் தப்பு என்ற சண்டையில் எனக்குப் பெரிய அக்கறை இல்லை. மெர்சி பிரபுவின் அறிக்கையில் இருக்கும் யோசனைகளைப் பாருங்கள்: பொழுது சாய்ந்ததும், மூடுபனியிலும் கீழ்த்தள ஜன்னல்களையும் நீர்புகாக் கதவுகளையும் மூடி வையுங்கள், கப்பல் மூழ்கினால் தானாகவே மிதந்து வரும்படி தெப்பங்களை மேல்தளத்தில் வையுங்கள். இதில் ஜன்னலை மூடுவதற்குப் பணமே தேவையில்லை!

இரண்டு மாதத்தில் உலகப் போர் வந்தது, எம்ப்ரஸ் செய்தித்தாளிலிருந்து மறைந்தது. 1915 மே 7, அயர்லாந்துக் கரையோரம் பிரிட்டிஷ் பயணிகள் கப்பல் லூசிடானியா மேல் ஜெர்மன் நீர்மூழ்கிக் கப்பலின் குண்டு பாய்ந்தது. திறந்து கிடந்த ஜன்னல்கள், சாய்வு, இறக்க முடியாத படகுகள், எல்லாம் அப்படியே மறுபடி. 48 படகுகளில் ஆறுதான் ஒழுங்காக இறங்கின. 18 நிமிடத்தில் முடிந்தது, ஏறக்குறைய 1,200 பேர் போனார்கள். விசாரித்தவர் மறுபடியும் மெர்சி பிரபு.

1916 நவம்பரில் டைட்டானிக்கின் தங்கைக் கப்பல் பிரிட்டானிக், மருத்துவமனைக் கப்பலாக ஏஜியன் கடலில் போகும்போது கண்ணிவெடியில் சிக்கியது. அதிலும் காற்றுக்காக ஜன்னல்களைத் திறந்துதான் வைத்திருந்தார்கள். ஆனால் அது மூழ்க 55 நிமிடம் எடுத்தது, நோயாளிகளும் ஏறியிருக்கவில்லை. ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்களில் 30 பேர்தான் இறந்தார்கள். எம்ப்ரஸில் இருந்தவர்களுக்கு அந்த 55 நிமிடம் கிடைத்திருந்தால் என்று நான் பலமுறை யோசித்திருக்கிறேன்.