கடலின் மறைவான உழைப்பு

நேயர்களுக்கு வணக்கம்.

கடல் என்றதும் நம் மனக்கண்ணில் முதலில் வந்து நிற்பவை அலைகளும் மீன்களும் கப்பல்களும்தான். அவை கடலின் மேற்புறத்தில் நம் பார்வைக்கு எட்டுபவை. ஆனால், பூமியில் உயிர்கள் வாழ்வதற்கு ஏற்ற வெப்பத்தையும் காற்றையும் மழையையும் காத்துத் தரும் வேலையைக் கடலில் செய்பவை பெரும்பாலும் கண்ணுக்குத் தெரியாத அளவுக்குச் சிறியவை. இல்லையென்றால், ஒரு மனித ஆயுளுக்குள் உணர முடியாத அளவுக்கு மெதுவாக நடப்பவை. இந்த உரையில் நான் பேச எடுத்துக்கொண்டிருப்பது அந்த மறைவான உழைப்பைப் பற்றித்தான். கடலுக்கு நாம் இழைத்துவரும் தீங்கு பெரும்பாலும் அங்கேதான் சென்று சேர்கிறது என்பதால், அதைத் தெரிந்துகொள்வது அவசரத் தேவை என்றும் கருதுகிறேன்.

பூமியின் மேற்பரப்பில் ஏறத்தாழ 71 சதவீதம் கடல் என்பது பள்ளிப் பாடத்திலேயே படித்த செய்தி. அந்தப் பரப்பளவைவிட ஆழத்தைக் கணக்கில் எடுத்துக்கொண்டால்தான் கடலின் உண்மையான உருவம் புலப்படும். கடலின் சராசரி ஆழம் சுமார் 3,700 மீட்டர். பசிபிக் பெருங்கடலின் மரியானா அகழியில் அது 10,900 மீட்டரையும் தொடுகிறது. 1960 ஜனவரியில் ஜாக் பிக்கார், டான் வால்ஷ் என்னும் இருவர் டிரியெஸ்ட் என்ற ஆழ்கடல் ஊர்தியில் அந்த அடித்தளத்துக்கே சென்று திரும்பினார்கள். ஆனால், ஒளிச்சேர்க்கை நடக்கப் போதுமான வெளிச்சம் இறங்குவது மேலேயுள்ள 200 மீட்டர் வரைதான். அதற்குக் கீழே இருப்பதெல்லாம் இருளும் குளிரும் கூடிய நீர். பூமியில் உயிர்கள் வாழக்கூடிய இடத்தின் பெரும்பகுதி இந்த இருட்டுக்குள்தான் இருக்கிறது.

முதலில் வெப்பத்தைப் பார்ப்போம். ஒரே வெயில் மண்ணிலும் நீரிலும் விழுந்தாலும் மண் விரைவில் சுட்டுவிடுகிறது. நீர் மெல்லச் சூடேறி, மெல்லவே ஆறுகிறது. கடலின் மேலேயுள்ள மூன்று மீட்டர் நீர் மட்டுமே, பூமியைச் சூழ்ந்திருக்கும் காற்று மண்டலம் முழுவதும் ஏற்கக்கூடிய வெப்பத்துக்கு ஈடான வெப்பத்தை ஏற்க வல்லது. நிலக்கரியையும் எண்ணெயையும் எரித்து நாம் காற்றில் சேர்த்த வாயுக்களால் பூமியில் தங்கிவிட்ட கூடுதல் வெப்பத்தில் 90 சதவீதத்துக்கும் மேல் கடலுக்குள் போயிருக்கிறது. நிலத்தில் நாம் உணரும் வெப்ப உயர்வு எஞ்சிய சிறு பங்கின் விளைவுதான். கடல் வாங்கிக்கொண்ட வெப்பம் மறைந்துவிடவில்லை. சூடேறிய நீர் விரிவடைகிறது. உருகும் பனியோடு சேர்ந்து அதுவும் கடல் மட்டத்தை உயர்த்துகிறது. வழக்கமான கோடையின் உச்ச வெப்பத்தைவிட ஒரே ஒரு டிகிரி கூடி, அது சில வாரங்கள் நீடித்தாலே பவளப்பூச்சிகள் தம் திசுக்களுக்குள் குடியிருந்து உணவு தந்துவந்த நுண்பாசிகளை வெளியேற்றிவிடுகின்றன. பாசி போனதும் நிறம் போகிறது, உணவும் போகிறது. வெப்பம் தணியாவிட்டால் பவளம் பட்டினியால் மடிகிறது. கடல் தரையில் ஒரு சதவீதத்துக்கும் குறைவான இடத்தில் இருக்கும் பவளப்பாறைகளை நம்பித்தான் கடல் உயிரினங்களில் ஏறத்தாழ நான்கில் ஒரு பங்கு வாழ்கின்றன என்பதால், இந்த இழப்பு பவளத்தோடு நின்றுவிடுவதில்லை.

வெப்பத்தை ஏற்பதோடு, அதை ஓரிடத்திலிருந்து இன்னோரிடத்துக்குச் சுமந்து செல்வதும் கடல்தான். வட அட்லாண்டிக்கின் வடகோடியில் குளிர்காற்று மேல்நீரின் வெப்பத்தைப் பறித்து அதை அடர்த்தியாக்குகிறது. அண்டார்டிகாவைச் சுற்றி நீர் உறையும்போது, பனிக்கட்டி உப்பை வெளியே தள்ளிவிட, அருகிலுள்ள நீர் மேலும் உவர்ந்து கனக்கிறது. இப்படிக் கனத்த நீர் ஆழத்துக்கு இறங்கி, கடல் தரையை ஒட்டி மெல்ல நகர்ந்து, உலகின் பெருங்கடல்களையெல்லாம் சுற்றி மீண்டும் மேலே வருவதற்கு ஆயிரம் ஆண்டுகள் வரை ஆகிறது. இறங்கும் நீர் தன்னோடு ஆக்சிஜனையும் கொண்டு செல்வதால்தான் வெளிச்சமே எட்டாத ஆழத்தில் மீன்களும் இறால்களும் கடல் வெள்ளரிகளும் மூச்சுவிட முடிகிறது. மேல்நீர் சூடேறிவிட்டால் அது எளிதில் கனத்து இறங்குவதில்லை. சூடான நீரில் ஆக்சிஜனும் குறைவாகவே கரையும். 1960 முதல் உலகக் கடல்கள் தம் ஆக்சிஜனில் சுமார் 2 சதவீதத்தை இழந்திருப்பதாக அளவீடுகள் காட்டுகின்றன. 2 சதவீதம் என்பது கேட்பதற்குச் சிறியதாக இருக்கலாம். ஆனால் அது எல்லா இடத்திலும் சமமாகக் குறையவில்லை. ஏற்கெனவே ஆக்சிஜன் அருகியிருந்த பகுதிகள் மேலும் விரிந்துகொண்டே போகின்றன.

நேயர்களே, இனி மிகச் சிறியவற்றிடம் வருகிறேன். கடலைப் பற்றிய செய்திகளில் என்னை மிகவும் வியக்கவைப்பது இந்தப் பகுதிதான். தெளிவாகத் தெரியும் ஒரு துளிக் கடல்நீரை நுண்ணோக்கியின் கீழ் வைத்துப் பாருங்கள். டயாட்டம் என்னும் ஒற்றைச் செல் பாசிகள் கண்ணாடியின் மூலப்பொருளான சிலிக்காவால் தம்மைச் சுற்றிக் கூடு கட்டிக்கொண்டு தெரியும். சில வட்டமாக, சில படகு போல, சில ஒன்றோடொன்று கைகோத்த சங்கிலியாக இருக்கும். ஒவ்வொரு கூட்டிலும் வரிசை பிசகாத நுண்துளைகள். சுண்ணாம்புத் தகடுகளைக் கவசமாகப் போர்த்திய வேறு சில உயிர்கள் அருகில் மிதக்கும். இவை எல்லாவற்றையும்விடச் சிறியது புரோகுளோரோகாக்கஸ் என்னும் பாக்டீரியா. ஒரு மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்குகூட இல்லாத இந்த உயிர், வெதுவெதுப்பான கடல்களில் ஒரு மில்லிலிட்டர் நீருக்கு ஒரு லட்சம் என்ற அளவில்கூட இருக்கிறது. ஒளிச்சேர்க்கை செய்யும் உயிர்களில் பூமியிலேயே எண்ணிக்கையில் மிகுந்த இது இருப்பதே 1980களில்தான் கண்டறியப்பட்டது. அதுவரை யாருடைய கண்ணிலும் அது படவில்லை.

தாவர மிதவை உயிரிகள் என்று இவற்றை மொத்தமாகச் சொல்கிறோம். உலகில் உள்ள தாவரப் பொருள் அனைத்தையும் எடை போட்டால் இவற்றின் பங்கு சுமார் ஒரு சதவீதம்தான் தேறும். ஆனால், உலகில் நடக்கும் ஒளிச்சேர்க்கையில் ஏறத்தாழ பாதியை இவைதான் செய்கின்றன. ஒரு மரம் தன் உடலைக் கட்டப் பல ஆண்டுகள் எடுத்துக்கொள்கிறது. இவையோ பிறந்து, பெருகி, உண்ணப்பட்டு, ஒரு வார காலத்துக்குள் அடுத்த தலைமுறைக்கு இடம் விடுகின்றன. இறால் போன்ற சிறு உயிரான கிரில் முதல் திமிங்கிலம் வரை கடலின் உணவுச் சங்கிலி இவற்றின் மேல்தான் நிற்கிறது.

நாம் இழுக்கும் இரண்டு மூச்சுகளில் ஒன்று கடல் தந்தது என்று அடிக்கடி சொல்லப்படுகிறது. கடலின் அருமையை உணர்த்தும் நல்ல நோக்கத்தோடு சொல்லப்படுவது அது. எனினும், உண்மை அதைவிட ஆழமானது. இன்று கடலில் உண்டாகும் ஆக்சிஜனில் ஏறத்தாழ முழுவதையும் கடலில் வாழும் உயிர்களும் அங்கே மக்கும் பொருள்களுமே செலவழித்துவிடுகின்றன. மக்காமல் அடித்தளத்துச் சேற்றில் புதைந்துபோகும் மிகச் சிறு பங்கு உயிர்ப்பொருளுக்கு ஈடான ஆக்சிஜன்தான் ஒவ்வோர் ஆண்டும் மிஞ்சுகிறது. அந்தச் சிறு மிச்சம் காற்றில் சேரத் தொடங்கி ஏறத்தாழ 240 கோடி ஆண்டுகள் ஆகின்றன. அப்போதைய கடலில் வாழ்ந்த நீலப்பச்சைப் பாக்டீரியாக்கள் தொடங்கிவைத்த கையிருப்பைத்தான் நாம் இன்றும் சுவாசிக்கிறோம். அதிலிருந்து உருவான ஓசோன் படலம் மேலே விரிந்து சூரியனின் கொடிய கதிர்களைத் தடுத்த பின்னர்தான், செடிகளும் விலங்குகளும் நிலத்தில் பரவ வழி பிறந்தது.

கடலின் மேற்பரப்பையும் ஆழத்தையும் இணைக்கும் இன்னொரு நிகழ்ச்சி ஒவ்வோர் இரவும் நடக்கிறது. இரண்டாம் உலகப் போரின்போது, நீர்மூழ்கிகளைக் கண்டறிய ஒலியலைகளை அனுப்பியவர்களுக்கு, சில நூறு மீட்டர் ஆழத்தில் தரை இருப்பது போன்ற எதிரொலி கிடைத்தது. வரைபடங்களின்படி அங்கே தரையே இல்லை. பொழுது சாய்ந்ததும் அந்தத் ‘தரை’ மேலே எழுந்தது. விடியலில் மீண்டும் கீழே இறங்கியது. ஒலியைத் திருப்பி அனுப்பியவை கூட்டம் கூட்டமாகச் செல்லும் சிறு மீன்களும் இறால் இனங்களும் கணவாய்களும்தான் என்பது பின்னர் உறுதியானது. பகலில் எதிரிகளுக்கு அஞ்சி இருளில் பதுங்கியிருந்து, இரவில் மேலே வந்து உண்டு திரும்பும் இந்தப் பயணத்தைவிடப் பெரிய விலங்குப் பெயர்ச்சி பூமியில் வேறு இல்லை. மேலே உண்டதை ஆழத்தில் கழிவாக விடுவதால், இவை காற்றிலிருந்து நீருக்குள் வந்த கார்பனை நாள்தோறும் கீழே இறக்குகின்றன. இவற்றோடு, மடிந்த மிதவை உயிர்களின் துகள்களும் ஓயாமல் அடியை நோக்கி விழுந்துகொண்டிருக்கின்றன. காற்று மண்டலத்தில் இருப்பதைப் போல ஏறத்தாழ 50 மடங்கு கார்பனைக் கடல் தன்னுள் வைத்திருக்கிறது என்றால், நீரில் கரைந்து சேர்ந்ததோடு இந்த ஓயாத இறக்கமும் அதற்கு ஒரு காரணம்.

நாம் ஆண்டுதோறும் வெளியிடும் கார்பன் டை ஆக்சைடில் சுமார் நான்கில் ஒரு பங்கைக் கடல் ஏற்றுக்கொள்கிறது. அது இல்லையென்றால் பூமி இன்னும் வேகமாகச் சூடேறியிருக்கும். ஆனால், அந்த வாயு நீரில் கரைந்தால் கார்போனிக் அமிலம் உண்டாகிறது. பிஎச் என்பது நீரின் அமிலத்தன்மையைக் காட்டும் அளவு; அது குறையக் குறைய அமிலத்தன்மை கூடும். தொழிற்புரட்சிக்கு முன் 8.2 ஆக இருந்த மேல்நீரின் பிஎச் மதிப்பு இப்போது 8.1க்கும் கீழே இறங்கிவருகிறது. எண்ணில் சிறிய இந்த மாற்றம், அமிலத்தன்மையில் 30 சதவீதம் அளவுக்கு உயர்வு என்று பொருள்படும். சிப்பிகளும் பவளங்களும் சுண்ணாம்புக் கூடு கட்டத் தேவையான கார்பனேட் இதனால் நீரில் குறைந்துபோகிறது. 2007, 2008 ஆண்டுகளில் அமெரிக்காவின் மேற்குக் கரையில் இருந்த சிப்பிக் குஞ்சு பொரிப்பகங்களில், பிறந்து சில நாள்களே ஆன குஞ்சுகள் கூட்டம் கூட்டமாக மடிந்தன. நோய்தான் காரணம் என்று முதலில் எண்ணினார்கள். ஆழத்திலிருந்து மேலெழுந்த அமிலம் மிகுந்த நீரில் அவற்றால் முதல் ஓட்டைக் கட்ட முடியவில்லை என்பது பின்னரே தெரியவந்தது. இப்போது அங்கே நீரைத் தொடர்ந்து அளந்து, தேவைப்படும்போது காரப்பொருள் கலந்து சமன் செய்கிறார்கள். பொரிப்பகத் தொட்டியில் அதைச் செய்யலாம். பெருங்கடலில் செய்ய முடியாது.

அளவுக்கு மீறிய மீன்பிடிப்பு பற்றி நீங்கள் நிறையக் கேட்டிருப்பீர்கள் என்பதால் ஒன்றை மட்டும் சொல்லிச் செல்கிறேன். கனடாவின் நியூஃபவுண்ட்லாந்துக் கடலில் நூற்றாண்டுக் கணக்கில் கிடைத்துவந்த காட் மீன் வளம் சரிந்து, 1992இல் மீன்பிடிப்பையே நிறுத்த வேண்டியதாயிற்று. சுமார் 30,000 பேர் பிழைப்பை இழந்தார்கள். அங்கே மீன் வளம் இன்னும் பழைய நிலையை எட்டவில்லை. கடல் எல்லா இடத்திலும் அப்படிக் கைவிட்டுவிடுவதில்லை என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும். தென்மேற்கு அட்லாண்டிக்கில் வேட்டையால் சில நூறாகக் குறைந்திருந்த கூனல் முதுகுத் திமிங்கிலங்கள், வேட்டை நின்ற பின் இன்று ஏறத்தாழ 25,000 ஆகப் பெருகியுள்ளன. இது திமிங்கிலங்களுக்கு மட்டுமான நன்மை இல்லை. இரும்புச்சத்து அருகிய தென்பெருங்கடலில் அவற்றின் கழிவு மிதவை உயிரிகளுக்கு உரமாகிறது.

எந்த நாட்டுக்கும் சொந்தமில்லாத ஆழ்கடல் பரப்பு உலகக் கடலில் பாதிக்கும் மேல். அங்கே பாதுகாக்கப்பட்ட பகுதிகளை அமைப்பதற்கான ஐக்கிய நாடுகள் உடன்படிக்கை, ஏறத்தாழ இருபது ஆண்டுப் பேச்சுக்குப் பின் 2023 ஜூனில்தான் ஏற்கப்பட்டது. அதை நான் மனமார வரவேற்கிறேன். ஆனால், காக்க வேண்டியது எங்கே, எப்படி மாறுகிறது என்று தெரியாமல் வரைபடத்தில் கோடு போட்டால் மட்டும் போதாது. அதனால்தான், விளம்பரமே இல்லாத ஆர்கோ திட்டத்தை இங்கே குறிப்பிட விரும்புகிறேன். ஆள் உயரத்துக்குக் குறையாத உருளைக் கருவிகள் ஏறத்தாழ 4,000, உலகக் கடல்களில் மிதந்துகொண்டிருக்கின்றன. ஒவ்வொன்றும் பத்து நாளுக்கு ஒரு முறை 2,000 மீட்டர் வரை இறங்கி, மேலேறும் வழியெல்லாம் வெப்பத்தையும் உப்பையும் அளந்து, செயற்கைக்கோள் வழியாகச் செய்தி அனுப்பிவிட்டு மீண்டும் மூழ்குகிறது. அந்தத் தரவுகளை உலகில் யார் வேண்டுமானாலும் இலவசமாகப் பார்க்கலாம். கடல் எவ்வளவு வெப்பத்தை விழுங்கியிருக்கிறது என்று இன்று உறுதியாகச் சொல்ல முடிவது பெருமளவு இவற்றால்தான்.

ஆனால், கடல்நீரில் பாதி 2,000 மீட்டருக்குக் கீழே இருக்கிறது. அங்கே இறங்கக்கூடிய கருவிகள் இன்னும் சொற்பம். ஆக்சிஜனையும் அமிலத்தன்மையையும் மிதவை உயிரிகளின் பச்சையத்தையும் அளப்பவையும் மொத்தத்தில் சிறு பங்குதான். மின்கலம் நான்கைந்து ஆண்டுகளில் தீர்ந்துவிடும் என்பதால், இருப்பவற்றுக்கு மாற்றாக ஆண்டுதோறும் நூற்றுக்கணக்கில் புதியவற்றை இறக்கினால்தான் இன்றைய எண்ணிக்கையாவது நிலைக்கும். அதற்கான பணத்தைப் பங்கேற்கும் நாடுகள் ஆண்டுக்கு ஆண்டு தடுமாற்றத்தோடு ஒதுக்காமல், வானிலை நிலையங்களுக்கு ஒதுக்குவது போல நிலையான செலவாகவே ஏற்க வேண்டும் என்பதை அழுத்தமாகச் சொல்லி விடைபெறுகிறேன். நன்றி, வணக்கம்.