தலைக் கணக்கும் பெயர்க் கணக்கும்

(சென்னையில் ஒரு பகுதி நூலகத்தில் நடந்த கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

அவைத் தலைவர் அவர்களே, குடியிருப்போர் சங்கங்களிலிருந்து வந்திருக்கும் நண்பர்களே, தாய்மார்களே, அனைவருக்கும் வணக்கம்.

2022 பிப்ரவரி 19 அன்று, மாநகராட்சித் தேர்தலில், பணி ஓய்வு பெற ஓராண்டே இருந்த நிலையில், கூவம் கரையை ஒட்டிய ஒரு பள்ளியில் வாக்குச்சாவடி அலுவலராக அமர்ந்திருந்தேன். பகல் பதினோரு மணி இருக்கும். அறுபது வயதைத் தாண்டிய ஓர் அம்மாள் உள்ளே வந்தார். கையில் மடித்த பூத் சிலிப்பும், ஓரங்கள் தேய்ந்துபோன வாக்காளர் அட்டையும் இருந்தன. பட்டியலில் பெயர் இருந்தது, அட்டையில் இருந்த முகமும் அவருடையதுதான். விரலில் மை வைக்கும்போது, எங்கிருந்து வருகிறீர்கள் என்று ஏதோ பேச்சுக்காகக் கேட்டேன். "பெரும்பாக்கத்துல இருந்து வர்றேன் சார். ரெண்டு பஸ் மாறி வந்தேன். வீடுதான் இங்க இல்ல, பேரு இங்கதான் இருக்குது" என்றார். கட்சி முகவர்கள் மூவர் எதிரே உட்கார்ந்திருந்தார்கள். ஒருவரும் ஆட்சேபம் சொல்லவில்லை. அவர் பொத்தானை அழுத்திவிட்டுப் போய்விட்டார். சுமார் 25 கிலோமீட்டர் தாண்டி வந்து அவர் தேர்ந்தெடுத்த மாமன்ற உறுப்பினரால் அவர் வீட்டு வாசலில் ஒரு தெருவிளக்கைக்கூடப் போட முடியாது என்பதை அன்று நான் அவரிடம் சொல்லவில்லை. சொல்லியிருக்க வேண்டும் என்று இன்றும் நினைக்கிறேன்.

இன்று நான் பேச வந்தது அந்த அம்மாளின் வாக்கைப் பற்றித்தான். பழைய சென்னைக்காரர்கள் டிவிஷன் என்றும், கட்சிக்காரர்கள் வட்டம் என்றும், மற்றவர்கள் வார்டு என்றும் சொல்லும் அந்த நிலப்பரப்புக்கு இரண்டு கணக்குகள் உண்டு. ஒன்று மக்கள்தொகைக் கணக்கெடுப்பு எடுக்கும் தலைக் கணக்கு. மற்றது வாக்காளர் பட்டியல் வைத்திருக்கும் பெயர்க் கணக்கு. வார்டின் எல்லையையும் இட ஒதுக்கீட்டையும் முதலாவது தீர்மானிக்கிறது. வெற்றி தோல்வியை இரண்டாவது தீர்மானிக்கிறது. இந்த இரண்டும் இன்று அந்த வார்டில் உண்மையாகக் குடியிருப்பவர்களை விட்டு வெகுதூரம் விலகிப் போய்விட்டன என்பதே என் கவலை.

முதலில் எல்லையைப் பார்ப்போம். 2011-இல் சென்னை மாநகராட்சி 174 சதுர கிலோமீட்டரிலிருந்து 426 சதுர கிலோமீட்டராக விரிந்தது. 9 நகராட்சிகள், 8 பேரூராட்சிகள், 25 ஊராட்சிகள் என 42 உள்ளாட்சி அமைப்புகள் அதில் கரைந்தன. பழைய நகரின் 155 வார்டுகள் 107 ஆகச் சுருக்கப்பட்டு, புதிதாகச் சேர்ந்த பகுதிகளுக்கு 93 வார்டுகள் தரப்பட்டன. அப்போது பழைய நகரில் மட்டும் 46 லட்சத்துக்கு மேல் மக்கள் இருந்தார்கள். சேர்ந்த பகுதிகளில் அதில் பாதிகூட இல்லை. அதாவது, உள்நகரத்து வார்டு ஒன்றில் சராசரியாக நாற்பதாயிரத்துக்கு மேல், புறநகர் வார்டு ஒன்றில் அதில் ஏறக்குறைய பாதி. 2018-இல் எல்லைகள் மறுவரையறை செய்யப்பட்ட பிறகும் இந்த ஏற்றத்தாழ்வு தீரவில்லை. 2022 தேர்தலுக்கான பட்டியலில் கோடம்பாக்கம் மண்டலத்தின் 137-ஆவது வார்டில் 58,000-க்கு மேற்பட்ட வாக்காளர்கள் இருந்தார்கள். ஆலந்தூர் மண்டலத்தின் 159-ஆவது வார்டில் மூவாயிரத்துச் சொச்சம் பேர்தான் இருந்தார்கள். இரண்டு வார்டுகளுக்கும் மாமன்றத்தில் ஆளுக்கு ஒரு நாற்காலிதான். ஒருவரின் வாக்குக்கு இன்னொருவரின் வாக்கைப் போலப் பதினெட்டு மடங்குக்கு மேல் எடை கிடைப்பதை எந்தச் சமத்துவக் கணக்கில் சேர்ப்பது?

ஆனாலும் எல்லைக் கோட்டின் கோணலைவிட என்னை அதிகம் வருத்துவது, கோட்டுக்குள் இருந்த மனிதர்கள் இடம் மாற்றப்பட்ட விதம். 2000-இல் கண்ணகி நகர் தொடங்கியதிலிருந்தே, கூவம், அடையாறு, பக்கிங்காம் கால்வாய் ஆகியவற்றின் கரைகளில் இருந்த குடும்பங்கள் நகரின் தெற்கு விளிம்புக்குக் கொண்டுபோகப்பட்டு வருகின்றன. கண்ணகி நகரும் செம்மஞ்சேரியும் 2011 விரிவாக்கத்தில் மாநகராட்சிக்குள் வந்துவிட்டன. 20,000-க்கும் மேற்பட்ட வீடுகளோடு எட்டு மாடிக் கட்டடங்கள் வரிசைகட்டி நிற்கும் பெரும்பாக்கமோ வெளியே நின்றது. 2015 பெருவெள்ளத்துக்குப் பிறகு ஆற்றங்கரைகளை மீட்கும் பணி வேகமெடுத்தபோது, தீவுத்திடலை ஒட்டிய சத்தியவாணிமுத்து நகர் உட்படப் பல இடங்களிலிருந்து மக்கள் அங்கேதான் குடியமர்த்தப்பட்டார்கள். மூன்று தலைமுறையாக மாநகராட்சிக்குள் வாழ்ந்தவர்கள் ஒரே நாளில், லாரியில் ஏற்றிய பாத்திரம் பண்டங்களோடு, ஓர் ஊராட்சியின் குடிமக்களானார்கள்.

இதன் பொருளைக் கொஞ்சம் நிதானமாகப் பார்க்க வேண்டும். சென்னையில் அவர்கள் மாமன்ற உறுப்பினருக்கு ஓர் இயந்திரத்தில் ஒரு பொத்தானை அழுத்தினால் போதும். பெரும்பாக்கம் இருக்கும் செங்கல்பட்டு மாவட்டத்தில் 2021 அக்டோபரில் ஊரக உள்ளாட்சித் தேர்தல் நடந்தபோது, ஒரு வாக்காளருக்குப் பல வண்ணங்களில் நான்கு வாக்குச்சீட்டுகள்: ஊராட்சித் தலைவருக்கு இளஞ்சிவப்பு, ஒன்றியக் கவுன்சிலருக்குப் பச்சை, மாவட்டக் கவுன்சிலருக்கு மஞ்சள், வார்டு உறுப்பினருக்கு வெள்ளை அல்லது நீலம். குடியிருப்பின் பராமரிப்பு நகர்ப்புற வாழ்விட மேம்பாட்டு வாரியத்திடம், ஊரின் நிர்வாகம் ஊராட்சியிடம், வேலையும் பிள்ளைகளின் பழைய பள்ளியும் மாநகராட்சி எல்லைக்குள். எந்தக் குறைக்கு எந்தக் கதவைத் தட்டுவது என்று படித்தவர்களுக்கே தலை சுற்றும். வாக்காளர் பட்டியலில் தன் பெயரைப் பெரும்பாக்கத்துக்கு மாற்றிக்கொள்ளாதவர் அந்த நான்கு சீட்டையும் இழந்தார். மாற்றிக்கொண்டவர் நகரத்தின் ஒரு வாக்கை இழந்தார். வீட்டுச் சாவியோடு பெயர் மாற்றும் படிவத்தையும் கையில் கொடுக்க வேண்டும் என்று ஏன் ஒருவருக்கும் தோன்றவில்லை?

இட ஒதுக்கீட்டிலும் இந்தச் சிக்கலே தொடர்கிறது. மாநகராட்சியின் 200 வார்டுகளில் 32 பட்டியல் சாதியினருக்கு ஒதுக்கப்பட்டன. அவற்றில் 16 பட்டியல் சாதிப் பெண்களுக்கு. பொதுப் பிரிவில் 84 பெண்களுக்கு. இந்தச் சரிபாதி ஏற்பாடு சாதித்தது சிறியதன்று. 1688-இல் தொடங்கிய ஒரு மாநகராட்சியின் மேயர் நாற்காலியில் 2022 மார்ச் 4 அன்று முதல் பட்டியல் சாதிப் பெண்ணாக, 28 வயதில், திருமதி பிரியா அமர்ந்தார் என்றால், அந்த வழியைத் திறந்துவிட்டது ஒதுக்கீடுதான். அதை முழு மனத்தோடு வரவேற்கிறவன் நான். அதனால்தான் இந்தக் கேள்வியையும் எழுப்புகிறேன். அரசியலமைப்பின் 243-T பிரிவின்படி பட்டியல் சாதியினருக்கான இடங்கள் அவர்களின் மக்கள்தொகை விகிதத்தைப் பின்பற்ற வேண்டும். அந்த விகிதம் 2011 கணக்கிலிருந்து வருகிறது. 2011-க்குப் பிறகு ஆற்றங்கரையிலிருந்து ஒரு குடியிருப்பே பெயர்த்தெடுக்கப்பட்டிருந்தால், அது இருந்த வார்டு, போய்விட்ட மக்களின் எண்ணிக்கையை இன்னும் சுமந்துகொண்டிருக்கிறது; அவர்கள் போய்ச் சேர்ந்த ஊர், அவர்கள் வருவதற்கு முந்தைய எண்ணிக்கையில் நிற்கிறது. இரண்டு ஏடுகளிலும் அவர்கள் வாழும் இடத்தில் அவர்கள் இல்லை.

போனவர்களைப் பற்றிச் சொன்னேன். வந்தவர்கள் நிலையும் இதுவே. பழைய மாமல்லபுரம் சாலையில் விடுதிகளில் தங்கும் இளைஞர்கள், கட்டுமான இடங்களில் தகரக் கொட்டகையில் தங்கும் ஒடிசா, பீகார்த் தொழிலாளர்கள், பதினொரு மாத ஒப்பந்தத்தில் வீடு மாறிக்கொண்டே இருக்கும் நம்மைப் போன்ற வாடகைக்காரர்கள், எல்லோரும் குடிப்பது அந்த வார்டின் தண்ணீரை, போடுவது அந்த வார்டின் குப்பைத் தொட்டியில். தண்ணீர் லாரி தலைக் கணக்கில் ஓடுகிறது. கவுன்சிலரின் காது பெயர்க் கணக்கில் கேட்கிறது. பட்டியலில் இல்லாதவரின் குறையைக் கேட்டுத்தான் ஆக வேண்டும் என்ற நிர்ப்பந்தம் எந்த உறுப்பினருக்கும் இல்லை.

2022-இல் மாநிலம் முழுவதும் நகர்ப்புற வாக்குப்பதிவு ஏறக்குறைய 61 விழுக்காடு; சென்னையில் 44-ஐக்கூட எட்டவில்லை. சென்னைக்காரர்கள் சோம்பேறிகள் என்று அன்று எல்லோரும் சொன்னார்கள். அக்கறையின்மை இருந்தது, மறுக்கவில்லை. ஆனால் வகுக்கும் எண்ணே பழுதாக இருந்தால் விழுக்காடு என்ன சொல்லும்? 2025 டிசம்பரில், வாக்காளர் பட்டியலின் சிறப்புத் தீவிரத் திருத்தத்துக்குப் பிறகு வெளியான வரைவுப் பட்டியலில் மாநில அளவில் சுமார் 97 லட்சம் பெயர்கள் இல்லை. அவற்றில் பெரும்பகுதி இடம் பெயர்ந்தவர்கள் என்ற கணக்கில் போனவை. நீக்கம் ஒரு பாதி வேலைதான். இங்கே நீக்கப்பட்ட பெயர் பெரும்பாக்கத்திலோ ஆவடியிலோ மறுபடி எழுதப்பட்டதா என்று வீடு வீடாகப் போய்ப் பார்த்தால்தான் மறுபாதி முடியும்.

தேர்தலே இல்லாமல் போன காலங்களையும் நாம் மறந்துவிடக் கூடாது. 1973-இல் கலைக்கப்பட்ட மாநகராட்சி மன்றத்துக்கு 1996 வரை தேர்தல் நடக்கவில்லை. 2016 அக்டோபரில் நடக்கவிருந்த தேர்தலை உயர் நீதிமன்றம் ரத்து செய்த பிறகு, 2022 வரை தனி அலுவலரின் ஆட்சிதான். வெளியேற்றங்கள் மும்முரமாக நடந்த அந்த ஆண்டுகளில், அந்த மக்களுக்காகக் கேள்வி எழுப்ப மாமன்றத்தில் உறுப்பினர் என்று ஒருவர்கூட இல்லை.

இப்போது வரவிருப்பதைப் பாருங்கள். இன்றைய மாமன்ற உறுப்பினர்கள் பதவியேற்றது 2022 மார்ச் 2. ஐந்தாண்டு 2027 மார்ச் தொடக்கத்தில் முடிகிறது. அடுத்த மக்கள்தொகைக் கணக்கெடுப்பின் ஆதார நாளும் 2027 மார்ச் 1. சட்டம் சொல்வது, கடைசியாக வெளியிடப்பட்ட கணக்கெடுப்பின் எண்ணிக்கையே செல்லும் என்று. ஆகவே உரிய காலத்தில் தேர்தல் நடந்தால், பதினாறு ஆண்டு பழைய 2011-தான் மீண்டும் அடிப்படையாகும். அதற்காகத் தேர்தலைத் தள்ளிவைக்கச் சொல்ல மாட்டேன். தள்ளிவைத்த தேர்தல் என்ன செய்யும் என்பதைத்தான் சற்று முன் சொன்னேன். தேர்தல் நடக்கட்டும், புதிய எண்கள் வெளியானதும், அடுத்த ஐந்தாண்டு வரை காத்திராமல் மறுவரையறைப் பணியைத் தொடங்கும் உறுதியை இப்போதே கேட்போம்.

2022 நவம்பர் 1 முதல் நம் வார்டுகளுக்கு, குடியிருப்போர் கூடிக் குறைகளைப் பேசும் பகுதி சபைகள் வந்திருக்கின்றன. அடுத்த சபையில் வைப்பதற்கு ஒரு தீர்மானத்தை நண்பர்கள் எழுதியிருக்கிறார்கள். அதில் இரண்டே கோரிக்கைகள். மறுகுடியமர்வு நடக்கும் நாளிலேயே, அதே இடத்தில், வாக்காளர் பெயர் மாற்றத்துக்கான முகாம் நடத்தப்பட வேண்டும். நகரத்திலிருந்து கொண்டுபோகப்பட்ட குடியிருப்புகள் நகர்ப்புற உள்ளாட்சிக்குள் சேர்க்கப்பட வேண்டும். நகல்கள் நூலகரின் மேசையில் இருக்கின்றன. கையெழுத்துப் போடுபவர்கள், நம் தெருவிலிருந்து அனுப்பப்பட்ட குடும்பங்களில் உங்களுக்குத் தெரிந்தவர்கள் இப்போது எந்தக் கட்டடத்தில், எத்தனையாவது மாடியில் இருக்கிறார்கள் என்பதை அவர்களைக் கேட்டுத் தெரிந்துகொண்டு, அடுத்த ஞாயிற்றுக்கிழமைக்குள் சங்கச் செயலாளரிடம் தெரிவிக்கும்படி கேட்டுக்கொள்கிறேன். ஞாயிறு காலை ஒன்பது மணிக்கு ஆறு பேர் பெரும்பாக்கம் புறப்படுகிறோம். வேனில் இன்னும் நான்கு பேருக்கு இடம் இருக்கிறது.

நன்றி, வணக்கம்.