பேரரசரின் தங்கைகளும் நம் வீட்டு அக்கா தங்கைகளும்

(நகர நூலக வாசகர் வட்ட ஆண்டு விழாவில் பேசியது. எழுத்தில் கொண்டுவரும்போது அங்கங்கே கொஞ்சம் குறைத்திருக்கிறேன், கூட்டியும் இருக்கிறேன்.)

விழாத் தலைவர் அவர்களே, முன்னிலை வகிக்கும் நகர்மன்ற உறுப்பினர் அவர்களே, என் பள்ளித் தலைமையாசிரியராக இருந்து இன்றும் என் தமிழைத் திருத்திக்கொண்டிருக்கும் அம்மா அவர்களே, பொன்னாடைக்குப் பதிலாகப் புத்தகம் தரும் நல்ல வழக்கத்தை இந்த ஊரில் தொடங்கிவைத்த நூலகர் அவர்களே, புதுச்சேரியிலிருந்து பேருந்து பிடித்து வந்து பின்வரிசையில் அடக்கமாக உட்கார்ந்திருக்கும் அண்ணன் அவர்களே, எல்லோருக்கும் வணக்கம். தலைவர் ஐயா என்னை அறிமுகப்படுத்திச் சொன்னதில் பாதி உண்மையாக இருந்தால் நான் இந்நேரம் உயர் நீதிமன்றத்தில் இருக்க வேண்டும். மீதிப் பாதி அவருடைய பெருந்தன்மை. முன்வரிசையில் ஓய்வுபெற்ற சார்பதிவாளர் ஐயாவும் இருக்கிறார். அவரைப் பார்த்ததுமே இந்தப் பேச்சு எங்கே போய் முடியும் என்று உங்களில் சிலருக்குத் தெரிந்திருக்கும். முகத்தைச் சுளிக்காதீர்கள், பிரான்சு வழியாகத்தான் போகப் போகிறேன்.

எனக்குக் கொடுத்த தலைப்பு ‘போனபார்ட் வம்சம்: எழுச்சியும் எச்சமும்’. மூன்று பகுதியாகப் பேசலாம் என்று குறித்து வந்திருக்கிறேன். வம்சம் எழுந்த கதை ஒன்று. அது விட்டுச்சென்ற சட்டம் ஒன்று. அது இடித்துக் கட்டிய பாரிஸ் நகரம் ஒன்று.

கார்சிகா என்று ஒரு தீவு. ஜெனோவாக்காரர்கள் அதை 1768ல் பிரான்சுக்குக் கைமாற்றிவிட்டார்கள். அடுத்த வருடம் ஆகஸ்ட் 15ஆம் தேதி அஜாக்சியோ ஊரில் நெப்போலியன் பிறக்கிறார். அந்தக் கைமாற்றம் இன்னும் கொஞ்சம் பிந்தியிருந்தால் பிரெஞ்சுப் பேரரசர் பிரெஞ்சுக் குடிமகனாகவே பிறந்திருக்கமாட்டார். தந்தை கார்லோ ஒரு வக்கீல். (வக்கீல் பிள்ளைகள் நாட்டை ஆள்வது இன்று நேற்று தொடங்கியதில்லை.) அவர் 1785ல் வயிற்று நோயில் இறந்துபோகிறார். தாய் லெதீசியா கையில் எட்டுப் பிள்ளைகள், ஐந்து ஆண், மூன்று பெண். 1793ல் தீவு அரசியலில் எதிரிகள் கை ஓங்கவும் வீட்டைப் போட்டுவிட்டுக் கப்பலேறி ஓடிவந்த குடும்பம் அது. மார்செய் நகரத்தில் கஷ்ட ஜீவனம்.

அங்கிருந்து பதினோரே ஆண்டில் அரியணை. நடுவில் இருக்கிற போர்களையெல்லாம் உங்கள் பிள்ளைகளின் பாடப்புத்தகத்தில் படித்துக்கொள்ளுங்கள். 1799 நவம்பரில் ஆட்சிக் கவிழ்ப்பு, 1804 மே 18ல் பேரரசர் பட்டம். அதற்குப் பிறகு அண்ணன் ஜோசப்புக்கு முதலில் நேப்பிள்ஸ், பிறகு ஸ்பெயின். தம்பி லூயிக்கு ஹாலந்து. கடைக்குட்டி ஜெரோமுக்கு வெஸ்ட்ஃபாலியா. ஐரோப்பாவைப் பாகப்பிரிவினை செய்வதுபோலச் செய்தார் மனிதர்.

இந்த இடத்தில் ஒரு கதை சொல்லியாக வேண்டும். நெப்போலியனின் மனைவி ஜோசபினின் அவையில் தோழியாக இருந்த ஒரு சீமாட்டி எழுதிவைத்த கதை. பேரரசர் என்று அறிவித்த அதே நாள், சான் க்ளூ அரண்மனையில் விருந்து. சாப்பிட உட்காருவதற்கு முன்னால் யார் யாரை எப்படி அழைக்க வேண்டும் என்று அதிகாரி வந்து சொல்கிறார். ஜோசப்பும் லூயியும் இனி இளவரசர்கள். அவர்களுடைய மனைவிமார் இளவரசிகள். சரி, கூடப்பிறந்த தங்கைகள்? எலிசாவும் கரோலினும் அங்கேதான் நிற்கிறார்கள். அவர்களுக்கு ஒன்றும் இல்லை. அண்ணி இளவரசி, நாத்தனார் வெறும் சீமாட்டி. நம் வீட்டுக் கல்யாணத்தில் இப்படி நடந்தால் என்ன ஆகும்? பந்தி நடக்குமா? (சிரிப்பு.)

அங்கே பந்தி நடந்தது. ஆனால் கரோலினுக்குச் சோறு இறங்கவில்லை. அண்ணன் பெண்டாட்டியை ஒவ்வொரு முறையும் ‘இளவரசி’ என்று கூப்பிடக் கூப்பிட, இவள் குவளை குவளையாகத் தண்ணீரைக் குடிக்கிறாள். அழுகையை அப்படித்தான் விழுங்கப் பார்த்தாள், முடியவில்லை, கண்ணீர் வந்துவிட்டது. எலிசா மூத்தவள், அழவில்லை. முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு சுற்றியிருந்தவர்களிடம் சிடுசிடுத்தாள். நெப்போலியனுக்கு இதெல்லாம் வேடிக்கையாக இருந்ததாம். மறுநாள் தங்கை நேரே வந்து சண்டை. எங்களை மட்டும் ஏன் இப்படி ஒன்றுமில்லாதவர்களாக ஆக்கினாய் என்று அழுகை, கூச்சல். அண்ணன் விட்டுக்கொடுக்கவில்லை. அப்போது அவர் சொன்ன பதில் உலகப் பிரசித்தம்: “நீ பேசுவதைக் கேட்டால், நம் அப்பா மகாராஜா விட்டுப்போன சொத்தை நான் திருடிக்கொண்ட மாதிரி அல்லவா இருக்கிறது!”

அப்பா மகாராஜா! அஜாக்சியோ வக்கீல்! (கைதட்டல்.) கேலி கூர்மையான கேலிதான், நான் ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அக்கா தங்கை பங்கு கேட்டால் அண்ணன்மார் சொல்லும் பதில் இருநூறு ஆண்டாக மாறவில்லை பாருங்கள். “அப்பா என்ன கோடி கோடியாவா வச்சுட்டுப் போனார்?” இதே வசனத்தை என் அலுவலகத்தில் மாதம் ஒருமுறையாவது கேட்கிறேன். கரோலின் கடைசியில் மயங்கி விழுந்தாள். பேரரசர் இறங்கி வந்தார். தங்கைகளுக்கும் இளவரசிப் பட்டம் என்று அரசுப் பத்திரிகையில் வந்தது. மயங்கி விழுந்தாவது வாங்கினாள், அந்த மட்டும் கெட்டிக்காரி.

அந்த டிசம்பர் 2ல் நோத்ர்தாம் கோயிலில் முடிசூட்டு விழா. ஜோசபினின் நீண்ட மேலங்கியின் நுனியை இந்த நாத்தனார்கள்தான் தூக்கிப் பிடித்து வர வேண்டும். படியேறும்போது கைவிட்டுவிட்டார்கள், ஜோசபின் தடுமாறினாள், நெப்போலியன் திரும்பி அதட்டினார் என்று அதே சீமாட்டி எழுதுகிறாள். தாய் லெதீசியா விழாவுக்கே வரவில்லை. மகன் லூசியன் தனக்குப் பிடித்த பெண்ணைக் கட்டிக்கொண்டான் என்று வாரிசு வரிசையிலிருந்து அவனைத் தள்ளிவைத்திருந்தார் நெப்போலியன். தாய் அந்தப் பிள்ளையின் பக்கம் நின்று ரோமாபுரியில் இருந்துவிட்டார். ஆனால் இன்று லூவ்ர் அருங்காட்சியகத்துக்குப் போய்ப் பாருங்கள். ஓவியர் டாவிட் வரைந்த, ஏறக்குறைய பத்து மீட்டர் அகலமுள்ள முடிசூட்டு விழா ஓவியத்தில் அந்த அம்மா நடுமாடத்தில் கம்பீரமாக உட்கார்ந்திருக்கிறார்! வராத தாயை வந்ததாக எழுதிவிட்டார்கள். நம் பத்திரப் பதிவு அலுவலகங்களில் இதற்கு நேர்மாறு நடக்கிறது. எதிரே உட்கார்ந்திருக்கிற மகளைக் குடும்பத்திலேயே இல்லாதவளாக எழுதுகிறோம். இருங்கள், அதற்கு வருகிறேன்.

சட்டத்துக்கு வருவோம். 1804 மார்ச் 21ல் நெப்போலியனின் சிவில் சட்டம் வந்தது, 2281 பிரிவுகள். பெல்ஜியத்திலிருந்து அமெரிக்காவின் லூசியானா வரை அதன் சாயலில் சட்டம் எழுதினார்கள். அதில் பெற்றோர் சொத்து பிள்ளைகளுக்குச் சமம். மூத்தவன், இளையவன், ஆண், பெண் என்ற வேறுபாடு கிடையாது. புரட்சிக்காலம் தொடங்கிவைத்ததை இவர் சட்டமாக நிறுத்தினார். இன்னொரு நுட்பம் கேளுங்கள். அப்பா உயில் எழுதி ஒரே பிள்ளைக்கு எல்லாவற்றையும் தூக்கிக் கொடுத்துவிடவும் முடியாது. ஒரு பிள்ளை என்றால் சொத்தில் பாதி, இரண்டு என்றால் மூன்றில் ஒரு பங்கு, மூன்றும் அதற்கு மேலும் என்றால் கால் பங்கு. அவ்வளவுதான் அப்பா விருப்பத்துக்கு. மீதி பிள்ளைகளுக்கு ஒதுக்கப்பட்டது, எந்த உயிலும் தொட முடியாது. 1804ல்! இங்கே இன்றும் ஒரு இந்துத் தகப்பன் தன் சுயசம்பாத்தியச் சொத்தை மகனுக்கே மொத்தமாக எழுதிவைத்துவிட்டுப் போகலாம், மகள் வாயைத் திறக்க முடியாது.

இப்படிப்பட்ட சட்டத்தைக் கொடுத்த மனிதர் தன் வீட்டுக்கு என்ன எழுதிக்கொண்டார்? அதே 1804 மே மாதச் சட்டத்தில் அரியணை ஆண்வழியில் மூத்தவனுக்கு. பெண்களும் பெண்வழி வந்தவர்களும் என்றென்றைக்கும் விலக்கு. என் அப்பத்தா சொல்லும்: “ஊருக்குத்தாண்டி உபதேசம், உனக்கில்லடி.” 1808ல் பிரபுக்களுக்கும் பட்டத்தோடு சேர்த்துக் கட்டிய சொத்தை மூத்த மகனே எடுத்துக்கொள்ள வழிசெய்து ஆணை போட்டார். குடியானவன் வீட்டில் சமபங்கு, கோட்டைக்குள் மூத்தவன் பங்கு. ஊருக்குத்தாண்டி உபதேசம்!

சட்டத்துக்குள்ளேயும் ஒரு கண்ணி இருந்தது. 213ஆம் பிரிவு: கணவன் மனைவிக்குப் பாதுகாப்புத் தர வேண்டும், மனைவி கணவனுக்குக் கீழ்ப்படிய வேண்டும். இதை ஒவ்வொரு கல்யாணத்திலும் மேயர் வாசித்துக் காட்ட வேண்டும். 217ஆம் பிரிவு: கணவன் சம்மதம் இல்லாமல் மனைவி சொத்தை விற்கவோ, அடமானம் வைக்கவோ, வாங்கவோ முடியாது. அதாவது மகளாக இருக்கும்வரை சமபங்கு, மனைவியானதும் பேனா புருஷன் கையில். 1938ல்தான் அந்தக் கீழ்ப்படிதல் சட்டத்திலிருந்து போனது. கணவன் அனுமதி இல்லாமல் வங்கிக் கணக்கு திறக்கவும் வேலைக்குப் போகவும் பிரெஞ்சு மனைவிக்கு உரிமை வந்தது 1965ல்.

சரி, ஆண் வாரிசு, ஆண் வாரிசு என்று அலைந்தாரே, அது என்ன ஆயிற்று? குழந்தை பிறக்கவில்லை என்று 1809 டிசம்பரில் ஜோசபினைத் தள்ளிவைத்தார். அடுத்த வருடம் ஆஸ்திரிய இளவரசி. 1811 மார்ச் 20ல் மகன் பிறந்தான், நூற்றொரு பீரங்கி முழங்கியது. அந்தப் பிள்ளை தாத்தா வீட்டில் வியன்னாவில் வளர்ந்து 21 வயதில் காசநோயில் போய்ச் சேர்ந்தான். வாட்டர்லூ தோல்வி 1815, செயின்ட் ஹெலினா தீவில் நெப்போலியன் மரணம் 1821. ஆனால் 1852ல் மறுபடி ஒரு போனபார்ட் பேரரசராகிறார், மூன்றாம் நெப்போலியன். யார் அவர்? தம்பி லூயிக்கும், ஜோசபினின் முதல் கல்யாணத்துப் பெண் ஓர்த்தான்ஸுக்கும் பிறந்தவர். வேண்டாம் என்று விலக்கிய ஜோசபினுடைய மகள் வயிற்றுப் பேரன்! இன்று ஸ்வீடன், நார்வே, டென்மார்க், பெல்ஜியம், லக்சம்பர்க் அரச குடும்பங்களில் எல்லாம் ஜோசபினின் மகன் யூஜீன் வழி ரத்தம் ஓடுகிறது. நெப்போலியனுக்குச் சட்டப்படிப் பிறந்த ஒரே மகனுக்குச் சந்ததியே இல்லை. (தலைவர் ஐயா சிரிக்கிறார். அவருக்கு மூன்று பெண்கள், மூவரும் மருத்துவர்கள் என்பதை இந்த இடத்தில் பதிவு செய்துகொள்கிறேன்.)

மூன்றாம் நெப்போலியனைப் பற்றி விரிவாகச் சொல்ல ஆசைதான். ‘ஆம்’ (Ham) என்ற ஊரின் கோட்டைச் சிறையிலிருந்து 1846ல் கூலியாள் வேடத்தில் தோளில் பலகையைத் தூக்கிக்கொண்டு வெளியே நடந்து வந்தவர். 1870ல் செடான் போரில் சரணடைந்தவர். அவருடைய ஒரே மகன் 1879ல் ஆங்கிலேயப் படையோடு தென்னாப்பிரிக்காவுக்குப் போய் ஜூலு வீரர்களின் ஈட்டியில் இறந்தான். பேரரசி யூஜெனி மட்டும் 1920 வரை, 94 வயது வரை இருந்து எல்லாவற்றையும் பார்த்தார். ஓவியர் ரோசா பொனருக்கு 1865ல் நாட்டின் உயரிய விருதைத் தன் கையாலேயே சூட்டியவர் அந்த அம்மா. பாரிஸ் நகரத்தைப் பற்றிச் சொல்வதாகச் சொன்னேன். அகலமான சாலைகள், பாதாளச் சாக்கடை, ஓஸ்மான் என்ற அதிகாரி. அவ்வளவுதான், தலைவர் கடிகாரத்தைப் பார்க்கிறார். எனக்கு வேறு வேலை இருக்கிறது.

புதுச்சேரி அண்ணனைப் பார்த்ததால் ஒன்று. அங்கே 1881 ஆணையின்படி தங்கள் வழக்கச் சட்டத்தைத் துறந்து பிரெஞ்சு சிவில் சட்டத்தை ஏற்றுக்கொண்ட தமிழ்க் குடும்பங்கள் உண்டு. அவர்கள் வழிவந்தவர்கள் இன்றும் அந்தச் சட்டப்படிதான் சொத்து பிரிக்கிறார்கள். நெப்போலியன் எழுதிய சட்டத்தின் வழி ஒரு தமிழ்ப் பெண்ணுக்குப் பங்கு போகிறது, நமக்கு ஒன்றரை மணி நேரத் தூரத்தில்.

நம் பக்கம் சட்டம் இல்லையா? இருக்கிறது. 1929லேயே செங்கல்பட்டு சுயமரியாதை மாநாட்டில் பெண்ணுக்குச் சொத்துரிமை என்று தீர்மானம் போட்ட மண் இது. 1956 இந்து வாரிசுரிமைச் சட்டம் தகப்பனின் தனிச்சொத்தில் மகளுக்கும் பங்கு கொடுத்தது. பூர்வீகச் சொத்திலும் 1989ல் தமிழ்நாடு கொடுத்தது, அன்றைக்கு மணமாகாத பெண்களுக்கு மட்டும். 2005ல் நாடு முழுக்க எல்லா மகள்களுக்கும் வந்தது. 2005ல் அப்பா உயிரோடு இருந்திருக்க வேண்டியதில்லை என்று 2020ல் உச்ச நீதிமன்றமும் சொல்லிவிட்டது. பிறகு ஏன் மகள் பெயரில் பட்டா இல்லை? விடுதலைப் பத்திரம்! என் பங்கை விட்டுக்கொடுத்துவிட்டேன் என்று அவளே எழுதிக் கொடுக்கும் பத்திரம்.

சார்பதிவாளர் அலுவலக வராண்டாவுக்கு வந்து பாருங்கள். அப்பாவுக்குப் பதினாறாம் நாள் காரியம் முடிந்து வாரம் ஆகியிருக்காது. அக்கா வெளியூரிலிருந்து வந்திருக்கிறாள், மடியில் ஒயர்கூடை. அண்ணன் கார் வாசலில், இன்ஜினைக்கூட நிறுத்தவில்லை. பத்திர எழுத்தர் இருபது பக்கத்தையும் புரட்டிப் புரட்டி, “இங்க, இங்க, இங்கம்மா” என்று விரல் வைக்கிறார். உள்ளே கேமராவைப் பார்க்கச் சொல்கிறார்கள், கட்டைவிரலை வைக்கச் சொல்கிறார்கள். “சம்மதந்தானம்மா?” பக்கத்திலேயே அண்ணன் நிற்கும்போது அவள் என்ன சொல்வாள்? தலையாட்டுகிறாள். எவ்வளவு சொத்து, என்ன மதிப்பு என்று அவளுக்குத் தெரியாது. நான் ஒருத்தியிடம் கேட்டேன், ஏனம்மா போட்டீர்கள் என்று. “பங்கு கேட்டா நாளைக்கு என் பொண்ணு காதுகுத்துக்குத் தாய்மாமன் வரமாட்டானே மேடம்” என்றாள். ஒரு தோடும் பட்டுப்பாவாடையும் வரும் என்பதற்காக ஒன்றரை ஏக்கர் நன்செய் போகிறது. மேடையில் பெண்ணுரிமை பேசுகிறவர்கள் வீட்டுப் பத்திரங்களையும் பார்த்திருக்கிறேன், பெயர் சொல்லமாட்டேன். ஊருக்குத்தாண்டி உபதேசம், உனக்கில்லடி!

தானே விரும்பி விட்டுக்கொடுக்கும் அக்காக்கள் இருக்கிறார்கள். அவர்களை நான் தடுக்கவில்லை. நான் கேட்பது சின்ன ஏற்பாடு. விட்டுக்கொடுக்கும் பங்கின் வழிகாட்டி மதிப்பைத் தனித்தாளில் எழுதி அவள் கையில் கொடுத்துப் படித்துக்காட்டட்டும். உடன்பிறந்தவர்களை வெளியே நிறுத்திவிட்டு அவளிடம் தனியாகக் கேட்கட்டும். சாவு நடந்து ஆறு மாதத்துக்குள் இந்தப் பத்திரத்தைப் பதியவே வேண்டாம். சார்பதிவாளர் ஐயா, நீங்கள் பணியில் இருந்தபோது தனியாகக் கேட்டீர்கள் என்று ஊரில் சொல்வார்கள். அப்படிக் கேட்டதால் எத்தனை பத்திரம் திரும்பிப் போனது என்பதை அடுத்த ஆண்டு விழாவில் நீங்கள்தான் பேச வேண்டும், நூலகர் அம்மா இப்போதே குறித்துக்கொள்ளட்டும்.

இதையெல்லாம் எழுதி பதிவுத்துறைத் தலைவருக்கு ஒரு மனு தயாராக இருக்கிறது. வாசலில் செருப்பு விடும் இடத்துக்குப் பக்கத்து மேசையில் வைத்திருக்கிறோம். கையெழுத்துப் போடுங்கள். அண்ணன் தம்பிகள் முதலில் போடுங்கள், போடுவதற்கு முன் படித்துப் பாருங்கள். இரண்டே பக்கம்தான். நன்றி, வணக்கம்.