லயத்துப் பிள்ளைகளும் ஷாவ்லின் அறைகளும்

(மலேசியாவின் சுங்கை சிப்புட்டில், சிலம்பம் பயிலும் பிள்ளைகளின் ஆண்டு நிறைவு நிகழ்ச்சியில் ஆற்றிய உரை)

ஆசான்மார்களே, பெற்றோர்களே, முன்வரிசையில் கம்போடு உட்கார்ந்திருக்கும் பிள்ளைகளே, வணக்கம்.

ரப்பர் தோட்டத்து லயத்தில், தொழிலாளர் வரிசை வீடுகளில், வளர்ந்த என் வயதுக்காரர்களைக் கேட்டுப் பாருங்கள். எம்.ஜி.ஆரின் வாள்சண்டைக்கு அடுத்து அவர்கள் மனத்தில் நிற்பவர் புரூஸ் லீதான். திடலில் வெள்ளைத்துணி கட்டிப் படம் போட்ட காலத்தில் சீன வசனம் எங்களில் பலருக்குப் புரியாது. ஆனாலும் படம் முடியும்வரை யாரும் எழ மாட்டார்கள். இன்று என் பேரன் அதே படங்களைக் கைப்பேசியில் பார்க்கிறான். இந்தப் படங்கள் ஏன் நம்மை இப்படி இழுக்கின்றன? சண்டைக்காகத்தான் என்றால், அது பாதிப் பதில்.

1971இல் வந்த, புரூஸ் லீ நடித்த 'தி பிக் பாஸ்' படத்தை எடுத்துக்கொள்ளுங்கள். பிழைப்புக்காகத் தாய்லாந்து வரும் சீன இளைஞன் ஐஸ் தொழிற்சாலையில் வேலைக்குச் சேர்கிறான். சண்டைக்குப் போவதில்லை என்று அம்மாவுக்குச் சத்தியம் செய்து கொடுத்தவன். கூட வேலை செய்தவர்கள் காணாமல் போகிறார்கள். மற்றவர்கள் கேள்வி கேட்டதும் நிர்வாகம் அவனையே மேற்பார்வையாளன் ஆக்கி, விருந்து வைத்து மயக்கப் பார்க்கிறது. தோட்டத்து மேற்பார்வையாளர்களைக் கங்காணி, மண்டோர் என்று கேட்டு வளர்ந்த நமக்கு இதற்கு விளக்கவுரை வேண்டுமா? வெகுநேரம் அவன் கையை ஓங்குவதே இல்லை. அவ்வளவு பொறுத்திருந்தான் என்பதால்தான் அவன் முதலில் அடித்தபோது திடலே கத்தியது.

அடுத்தது, என் மனத்துக்கு மிக நெருக்கமான படம்: 1978இல் ஷா சகோதரர்கள் தயாரித்த 'ஷாவ்லினின் 36ஆவது அறை'. கோர்டன் லியு நடித்தது. பழிவாங்கத் துடிக்கும் ஓர் இளைஞன், தற்காப்புக்கலைக்குப் பேர்போன சீனப் பௌத்த மடமான ஷாவ்லினுக்கு வருகிறான். அங்கே அறைக்கு அறை ஒரு பயிற்சி. நேராக மேல் அறைக்குப் போய்த் தோற்று, அடியிலிருந்து தொடங்குகிறான். சாப்பாட்டுக்குப் போகக்கூட தண்ணீரில் மிதக்கும் கட்டைகளை மிதித்துத் தாண்ட வேண்டும். அப்புறம் இரு கைகளையும் நீட்டி வாளி சுமக்கிறான். கை தாழ்ந்தால் விலாவில் குத்தும்படி புஜத்தில் கத்தி கட்டியிருக்கிறது. படத்தின் பெரும்பகுதி இந்தப் பயிற்சிதான். விடியுமுன் பெரட்டுக்கு, அதாவது ஆள் கணக்கெடுப்புக்கு, போய், ரப்பர் மரத்துக்குக் காயம் படாமல் பால் வெட்டப் பழகியவர்கள் நம் தாத்தா பாட்டிகள். ஒரே வேலையைத் திரும்பத் திரும்பச் செய்து கை படிவது என்றால் என்னவென்று அவர்களுக்குத் தெரியும். அந்தப் படம் அவர்களைப் பிடித்து உட்கார வைத்ததில் எனக்கு வியப்பே இல்லை.

எல்லாம் கற்றபின் அவன் கேட்பது ஒன்றுதான்: வெளியே உள்ள சாதாரண மக்களுக்குச் சொல்லிக்கொடுக்க இன்னோர் அறை வேண்டும். மடத்தில் இருப்பவை 35. அவன் கேட்டது 36ஆவது.

அந்தப் படத்தை இயக்கிய லாவ் கார்லியுங் சண்டைப் பயிற்சியாளராக இருந்தவர். தந்தையிடம் கற்றார். தந்தையின் குரு லாம் சாய்விங், அவருடைய குரு புகழ்பெற்ற குங்ஃபூ ஆசான் வோங் ஃபெய்ஹுங். இப்படிப் பரம்பரையாகக் கற்றவர் எடுத்ததால்தான் கேமரா தள்ளி நின்று, தலைமுதல் கால்வரை முழு உடம்பையும் காட்டுகிறது. கால் எங்கே ஊன்றுகிறது, இடுப்பு எப்படித் திரும்புகிறது என்று நாம் பார்க்கலாம். இன்றைய பல படங்களில் கண்ணிமைக்கும் முன் காட்சி வெட்டப்படுகிறது. யார் அடித்தார் என்பதே தெரிவதில்லை. எனக்கு அது பெரிய இழப்பு.

பெண்பிள்ளைகளுக்கு ஒரு செய்தி. மிஷெல் இயோ நம் பக்கத்து ஈப்போவில் பிறந்தவர். பாலே நடனம் படிக்க இங்கிலாந்து போனவர், முதுகில் அடிபட்டதால் அந்தக் கனவை விட வேண்டியதாயிற்று. 1985இல் 'யெஸ், மேடம்' படத்தில் சண்டை நாயகியாக வந்து நின்றார். 2023இல் சிறந்த நடிகைக்கான ஆஸ்கரையும் வாங்கினார்.

சரி, பெற்றோர்களிடம் ஒரு வேண்டுகோள். இந்த விடுமுறையில் 36ஆவது அறையைப் பிள்ளைகளோடு உட்கார்ந்து பாருங்கள். பயிற்சிக் காட்சிகளைத் தள்ளிவிட்டுச் சண்டைக்கு ஓட விடாதீர்கள். ஆசானே, பிள்ளைகளைக் களத்துக்கு அழையுங்கள்.