முகம் காட்டாத கதாநாயகன்

வணக்கம் நண்பர்களே. இரண்டு வாரமாக மெக்ஸிகோ மல்யுத்த வீரர் எல் சாந்தோவின் படங்களைத்தான் பார்த்துக்கொண்டிருக்கிறேன். அவரைப் பற்றிப் பேசாமல் இருக்க முடியவில்லை.

திரையில் நிறுத்தி வைத்திருக்கும் இந்தக் காட்சியைப் பாருங்கள். உடம்பில் கோட்டு, தலையில் வெள்ளி நிற முகமூடி. கண்ணுக்கும் மூக்குக்கும் வாய்க்கும் மட்டும் திறப்பு. பின்னந்தலையில் ஷூவைக் கட்டுவதுபோல் கயிறு போட்டு இறுக்கியிருக்கிறார்கள். எதிரே இருக்கும் பேராசிரியர் அந்த முகமூடியைப் பற்றி ஒரு வார்த்தை கேட்பதில்லை. சாந்தோவின் முகமே அதுதான் என்று எல்லோரும் ஏற்றுக்கொண்ட உலகம் அது. எனக்கு மிகவும் பிடித்தது இதுதான்.

அவருடைய இயற்பெயர் ரொடால்ஃபோ குஸ்மான் உவெர்த்தா. இடால்கோ மாநிலத்துத் துலான்சிங்கோவில் 1917-இல் பிறந்தவர். 1942 ஜூன் 26 அன்று சாந்தோவாக, அதாவது 'புனிதர்' என்ற பெயரில், முதன்முதலாகக் களமிறங்கினார். பெயர்தான் புனிதர், மேடையில் அவர் ரூடோ, விதிகளை மீறி அடிக்கும் முரடர். 1952 நவம்பரில் முகமூடியைப் பணயம் வைத்த போட்டியில் பிளாக் ஷேடோ என்ற முகமூடி வீரரை வீழ்த்தி, அவருடைய முகத்தை ஊரறியச் செய்தார்.

அதே ஆண்டில்தான் ஹோசே ஜி. குரூஸ் வெளியிட்ட படக்கதையில் சாந்தோ ஏழைகளைக் காக்கும் வீரரானார். 'வெள்ளி முகமூடிக்காரர்' என்ற அவருடைய பட்டப்பெயரையே தலைப்பாக வைத்து ஒரு திரைப்படமும் வந்தது. ஆனால் அதில் நடிக்க அவர் மறுத்துவிட்டார். பிறகு சக வீரர் ஃபெர்னாண்டோ ஓசஸ் அழைத்ததன் பேரில் 1958-இல் கியூபாவில் இரண்டு படங்களில் நடித்தார். அவற்றில் அவருக்குக் கிடைத்தது துணைப் பாத்திரம்தான். அங்கிருந்து தொடங்கியவர் ஐம்பதுக்கும் மேற்பட்ட படங்களில் நடித்துவிட்டார்! ரத்தக்காட்டேரிப் பெண்களோடு மோதும் 1962-ஆம் ஆண்டுப் படம் அவற்றுள் ஒன்று.

இன்னொன்றையும் கவனியுங்கள். படக்கதையிலும் திரையிலும் நல்லவராகிவிட்ட பிறகும் மேடையில் அவர் முரடராகவே இருந்தார். 1960களின் தொடக்கத்தில்தான் அங்கும் நேர்மையான வீரர்களின் பக்கம் வந்து சேர்ந்தார். வெள்ளித்திரை அவரை மாற்றிவிட்டது என்பது என் எண்ணம். முகம் தெரியாததால் ரசிகர்கள் தங்கள் மனத்திலிருந்த வீரனை அந்த வெள்ளித் துணியில் எளிதாகப் பார்த்துக்கொண்டார்கள்.

அந்த ரகசியத்தைக் காக்க அவர் பட்ட பாட்டைக் கேளுங்கள். சாப்பிடுவதற்கென்றே தாடைப் பகுதி திறந்த தனி முகமூடி வைத்திருந்தார். வெளிநாட்டுப் படப்பிடிப்புக்குப் போகும்போது, விமான நிலையச் சோதனையில் முகத்தைக் காட்ட வேண்டியிருக்குமே என்று படக்குழுவினரோடு சேராமல் வேறு விமானத்தில் போவார்.

1984 ஜனவரியில் ஒரு தொலைக்காட்சி நிகழ்ச்சியில், யாரும் எதிர்பாராத நேரத்தில், முகமூடியைச் சற்றே மேலே தூக்கி முகத்தின் ஒரு பகுதியைக் காட்டினார். சில நாட்களில், பிப்ரவரி 5 அன்று, மாரடைப்பால் காலமானார். அந்தப் பதிவைப் பார்த்தபோது என் கண் கலங்கிவிட்டது. வெள்ளி முகமூடியோடுதான் அவரை அடக்கம் செய்தார்கள்.

மெக்ஸிகோவின் குவானஹுவாத்தோ நகரத்து மம்மிகள் வரும் படத்திலிருந்து தொடங்குங்கள். மற்ற முகமூடி வீரர்களான புளூ டெமனும் மில் மாஸ்கராஸும் போராடிக்கொண்டிருக்க, சாந்தோ கடைசியில்தான் வருவார். பொறுமையாகக் காத்திருங்கள்.