கேம் வீடு மாறும்போது

வணக்கம் நேயர்களே. கம்ப்யூட்டரில் ஏற்கெனவே போட்டு விளையாடிக்கொண்டிருக்கிற கேம்களை ஒரு டிரைவிலிருந்து இன்னொரு டிரைவுக்கு மாற்றுவது எப்படி என்பதுதான் இன்றைய பேச்சு. விண்டோஸ் கம்ப்யூட்டரை மனதில் வைத்துச் சொல்கிறேன். பேப்பர், பேனா எடுக்க வேண்டாம். மெனு பெயர்களை மெதுவாகவே சொல்கிறேன். முக்கியமானதை இரண்டு மூன்று முறை சொல்வேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

சி டிரைவின் நீலப் பட்டை ஒருநாள் சிவப்பாகிவிடும். எல்லோரும் பார்த்திருப்பீர்கள். லேப்டாப் பெட்டியில் 512 ஜிபி என்று போட்டிருக்கும். விண்டோஸ் கணக்குப் போடும் முறை வேறு என்பதால் திரையில் 476 என்றுதான் காட்டும். அதில் விண்டோஸ், அதன் அப்டேட், போனிலிருந்து இறக்கிய கல்யாண வீடியோ எல்லாம் போக மிச்சத்தில்தான் கேம் குடியிருக்க வேண்டும். பால்டர்ஸ் கேட் 3 கேட்கும் இடம் 150 ஜிபி. ஸ்டார்ஃபீல்டு கேட்பது 125. இரண்டைப் போட்டாலே பாதி டிரைவுக்கு மேல் போய்விட்டது.

அழித்துவிட்டுப் புது டிரைவில் மறுபடி டவுன்லோடு செய்தால் என்ன என்று கேட்கலாம். செய்யலாம். வீட்டு இணைப்பு 40 எம்பிபிஎஸ் என்றால் 150 ஜிபி இறங்க, இடையில் ஒரு தடங்கலும் இல்லாமல், எட்டு மணி நேரம் இருபது நிமிடம். அதே கேமை கம்ப்யூட்டருக்குள்ளேயே ஒரு டிரைவிலிருந்து இன்னொன்றுக்கு நகர்த்தப் பெரும்பாலும் அரை மணி நேரம்கூட ஆகாது. அதனால்தான் நகர்த்தத் தெரிந்துகொள்வது நல்லது.

இப்போது எல்லோரும் செய்கிற தவறுக்கு வருவோம். கேம் இருக்கும் ஃபோல்டரைக் கண்டுபிடித்து, கட் செய்து, டி டிரைவில் போய் பேஸ்ட் செய்வது. பாட்டு, போட்டோ, சினிமா எல்லாவற்றையும் அப்படித்தானே நகர்த்துகிறோம், கேமுக்கு மட்டும் என்ன என்று தோன்றும். கேம் அப்படிப் போகாது. வீடு மாறும்போது கேஸ் சிலிண்டரைத் தூக்கிக்கொண்டு போய்விட்டு, கேஸ் ஏஜென்சியில் விலாசத்தை மாற்றாமல் விட்டால் என்ன ஆகும்? அடுத்த சிலிண்டர் பழைய வீட்டு வாசலில் வந்து நிற்கும். கேமை நடத்துகிற ஸ்டீம், எபிக் மாதிரியான லாஞ்சர்களும் அந்த ஏஜென்சி மாதிரிதான். அவை ஒரு விலாசப் பதிவேடு வைத்திருக்கின்றன. பதிவேட்டை மாற்றாமல் பொருளை மாற்றினால் குழப்பம்தான்.

அந்தப் பதிவேட்டைக் கொஞ்சம் கிட்டே போய்ப் பார்ப்போம். ஸ்டீம் ஃபோல்டருக்குள் 'ஸ்டீம்ஆப்ஸ்' என்று ஒரு ஃபோல்டர் இருக்கும். அதற்குள் 'காமன்' என்று இன்னொன்று. கேம்களின் கனமான ஃபைல்கள் எல்லாம் காமனுக்குள். ஆனால் காமனுக்கு வெளியே, ஸ்டீம்ஆப்ஸிலேயே, 'ஆப்மேனிஃபெஸ்ட்' என்று தொடங்கி ஒரு எண்ணோடு முடிகிற சின்னச் சின்ன ஃபைல்கள் கிடக்கும். ஒவ்வொரு கேமுக்கும் ஒன்று. டோட்டா 2 என்றால் எண் 570. கவுன்டர் ஸ்ட்ரைக் 2 என்றால் 730. நோட்பேடில் திறந்தால் படிக்க முடியும். கேமின் பெயர், எந்தப் பெயருள்ள ஃபோல்டரில் இருக்கிறது, எவ்வளவு இடம் பிடிக்கிறது, எல்லாம் எழுதியிருக்கும். சில கேபி அளவுள்ள இந்தத் துண்டுச்சீட்டு இல்லையென்றால், பக்கத்திலேயே 60 ஜிபி கேம் மலை மாதிரி இருந்தாலும் ஸ்டீமுக்குக் கண் தெரியாது. பச்சை 'ப்ளே' பட்டன் போய் நீல 'இன்ஸ்டால்' பட்டன் வந்துவிடும்.

சரியான வழி இதுதான். ஸ்டீமைத் திறந்து, மேலே இடது மூலையில் ஸ்டீம் என்ற சொல்லை அழுத்தினால் செட்டிங்ஸ் வரும். அதில் ஸ்டோரேஜ். அங்கே டிரைவின் பெயரை அழுத்தினால் 'ஆட் டிரைவ்' என்று இருக்கும். புது டிரைவை அதில் சேர்த்துவிடுங்கள். ஒரு டிரைவுக்கு ஒரு லைப்ரரிதான், அதாவது கேம்களை வைக்கும் ஒரு கிடங்குதான், வைக்கும். பிறகு பழைய டிரைவுக்குத் திரும்பி வந்து, நகர்த்த வேண்டிய கேமுக்கு டிக் போட்டு, 'மூவ்' அழுத்தி, எங்கே என்று காட்டினால் போதும். மறுபடி சொல்கிறேன்: செட்டிங்ஸ், ஸ்டோரேஜ், டிரைவைச் சேர், டிக் போடு, மூவ். ஃபைலையும் துண்டுச்சீட்டையும் பதிவேட்டையும் ஸ்டீமே பார்த்துக்கொள்ளும்.

மூவ் அழுத்துவதற்கு முன்னால் இரண்டு வேலை. கேமுக்கு அப்டேட் பாக்கி இருந்தால் அதை முடித்துவிடுங்கள். அப்புறம் கேமின் மேல் ரைட் கிளிக் செய்து ப்ராப்பர்ட்டீஸில் டிஎல்சி, அதாவது கேமோடு சேர்க்கிற கூடுதல் பொதிகள், என்ற பகுதியைப் பாருங்கள். சில கேம்களில் உயர்தரப் படங்களுக்கான பொதி தனியாகத் தொங்கிக்கொண்டிருக்கும். சாதாரண மானிட்டரில் அதனால் பெரிய வித்தியாசம் தெரியாது. டிக்கை எடுத்துவிட்டால் தூக்க வேண்டிய மூட்டையே சின்னதாகும்.

பாதியில் நின்றுவிட்டால்? 'கன்டென்ட் ஃபைல் லாக்டு' என்று ஒரு பிழைச் செய்தி வரும். பெரும்பாலும் காரணம், கேம் பின்னணியில் இன்னும் ஓடிக்கொண்டிருக்கும், அல்லது ஆன்டிவைரஸ் அந்த ஃபைலைப் பிடித்து வைத்துச் சோதித்துக்கொண்டிருக்கும். கம்ப்யூட்டரை ரீஸ்டார்ட் செய்து, வேறு எதையும் திறக்காமல் மறுபடி மூவ் கொடுங்கள். மின்சாரம் போய்ப் பாதியில் நின்றிருந்தால், ப்ராப்பர்ட்டீஸில் 'இன்ஸ்டால்டு ஃபைல்ஸ்' போய் 'வெரிஃபை' கொடுங்கள். கெட்டுப்போன துண்டுகளை மட்டும் மறுபடி இறக்கிக்கொள்ளும்.

ஏற்கெனவே கட், பேஸ்ட் செய்துவிட்டு முழிக்கிறவர்களுக்கும் வழி இருக்கிறது. புது டிரைவில் ஸ்டீம் லைப்ரரி சேர்த்த பிறகு, கேம் ஃபோல்டரை அதன் ஸ்டீம்ஆப்ஸ், காமனுக்குள் கொண்டுபோய் வையுங்கள். பெயர் எழுத்துக்கு எழுத்து பழையபடியே இருக்க வேண்டும். ஒரு இடைவெளி கூடினாலும் வேலைக்கு ஆகாது. பிறகு ஸ்டீமில் இன்ஸ்டால் அழுத்தி, அந்த டிரைவையே தேர்ந்தெடுங்கள். ஏற்கெனவே இருக்கும் ஃபைல்களைத் தேடுகிறேன் என்று சொல்லிக் கொஞ்ச நேரம் துழாவும். அப்போது அவசரப்பட்டுக் கேன்சல் அழுத்திவிடாதீர்கள். துழாவி முடித்ததும் டவுன்லோடு ஏதும் இல்லாமலே ப்ளே பட்டன் வந்துவிடும்.

மற்ற லாஞ்சர்களை வேகமாகச் சொல்லிவிடுகிறேன். எபிக்கில் கேமுக்குப் பக்கத்து மூன்று புள்ளி, அதில் மேனேஜ். அங்கே 'மூவ்' தெரிந்தால் அதையே பயன்படுத்துங்கள். தெரியாவிட்டால் கேம் ஃபோல்டரை வேறு பெயரில் புது டிரைவுக்கு நகல் எடுத்து வைத்துக்கொண்டு, எபிக்கில் அன்இன்ஸ்டால் செய்து, புது டிரைவில் இன்ஸ்டால் தொடங்கி, இரண்டு மூன்று சதவீதம் வந்ததும் நிறுத்தி, நகலை அந்த ஃபோல்டருக்குள் கொட்டிவிட்டு, மறுபடி தொடருங்கள். இருப்பதைச் சரிபார்த்துக்கொண்டு மிச்சத்தை மட்டும் இறக்கும். பேட்டில்நெட் கேம்களை மட்டும் கையால் நகர்த்தலாம். நகர்த்திவிட்டு 'லொகேட் தி கேம்' என்று புது இடத்தைக் காட்டினால் ஏற்றுக்கொள்ளும். எக்ஸ்பாக்ஸ் ஆப்பில் வாங்கியதைக் கையால் தொடவே வேண்டாம். கேமின் மேல் ரைட் கிளிக், மேனேஜ், ஃபைல்ஸ், சேஞ்ச் டிரைவ். வேலரண்டை டிரைவ் மாற்ற வேண்டுமென்றால் அன்இன்ஸ்டால் செய்துவிட்டுப் புதிதாகப் போடுவதே நிம்மதி. ஏமாற்றி விளையாடுவதைத் தடுக்கிற அதன் வான்கார்டு என்ற காவல்காரன் எப்படியும் சி டிரைவில்தான் உட்காருவான்.

அடுத்தது சேவ் ஃபைல். இருநூறு மணி நேரம் விளையாடிய உழைப்பு ஒரு சின்ன ஃபைலில் இருக்கிறது. பல கேம்களில் அது கேம் ஃபோல்டருக்குள் இருக்காது. கேம் டி டிரைவுக்குப் போனாலும் சேவ் ஃபைல் சி டிரைவிலேயே தங்கிவிடும். நகர்த்தும்போது அதனால் ஒரு கெடுதலும் இல்லை, கேம் போய்த் தேடி எடுத்துக்கொள்ளும். கெடுதல் எப்போது வரும் என்றால், எல்லாக் கேமும் டி டிரைவுக்குப் போய்விட்டதே என்ற தைரியத்தில் சி டிரைவை ஃபார்மேட் செய்யும்போது. கேம் இருக்கும், நீங்கள் விளையாடியது இருக்காது. எங்கே தேடுவது? டாக்குமென்ட்ஸுக்குள் 'மை கேம்ஸ்', யூசர் ஃபோல்டரில் 'சேவ்டு கேம்ஸ்', அப்புறம் மறைந்திருக்கும் 'ஆப்டேட்டா'. ஆப்டேட்டாவுக்குள் லோக்கல், லோக்கல்லோ, ரோமிங் என்று மூன்று அறை. ஸ்டார்ட்யூ வேலியும் எல்டன் ரிங்கும் ரோமிங்கில் இருக்கும். மைன்கிராஃப்ட் ஜாவாவின் உலகங்களும் ரோமிங்கில்தான், பெயரின் முன்னால் புள்ளி வைத்த ஒரு ஃபோல்டரில். விண்டோஸ் கீயையும் ஆர் எழுத்தையும் சேர்த்து அழுத்தி, பெர்சென்ட் குறி, ஆப்டேட்டா, பெர்சென்ட் குறி என்று தட்டினால் நேரே ரோமிங்கில் போய் இறங்கலாம். பழைய கேம்கள் சில, சேவ் ஃபைலைத் தன் ஃபோல்டருக்குள்ளேயே வைத்திருக்கும். அதனால் அன்இன்ஸ்டால் அழுத்தும் முன்னால் ஒரு நகல். ஸ்டீம் கிளவுடில், அதாவது இணையத்தில் ஸ்டீம் வைத்திருக்கும் நகலில், இருக்குமே என்று நம்பிவிடாதீர்கள், எல்லாக் கேமுக்கும் கிளவுட் கிடையாது.

எந்த டிரைவுக்கு நகர்த்துவது என்பதில் எனக்கு மிகவும் பிடித்த ஒரு கதை உண்டு. ஸ்வீடனின் ஆரோஹெட் என்ற நிறுவனம் எடுத்த ஹெல்டைவர்ஸ் 2. அதன் கம்ப்யூட்டர் பதிப்பு ஏறத்தாழ 154 ஜிபி பிடித்துக்கொண்டிருந்தது. ஏன் இவ்வளவு பெரிது? ஹார்டு டிஸ்கில் தட்டு சுழலும், மேலே ஒரு முள் அங்கும் இங்கும் ஓடிப் படிக்கும். முள் ஓடுகிற ஓட்டம்தான் நேரத்தைத் தின்னும். அந்த ஓட்டத்தைக் குறைக்க, ஒரே மரத்தின் படத்தையும் ஒரே பாறையின் படத்தையும் பல இடங்களில் திரும்பத் திரும்ப நகல் வைத்திருந்தார்கள். ஒரு வீட்டில் எல்லா அறையிலும் தனித்தனிச் சொம்பு வைப்பது போல. சுழலும் தட்டுக்குப் பதில் சிப்பில் எழுதுகிற எஸ்எஸ்டி டிரைவில் முள்ளே கிடையாது. ஆனாலும் எஸ்எஸ்டிக்காரர்களும் அந்த நகல்களைச் சுமந்துகொண்டிருந்தார்கள். நகலை எடுத்துவிட்டால் ஹார்டு டிஸ்கில் லோடிங் பத்து மடங்குவரை இழுக்கலாம் என்று முதலில் பயந்தார்கள். பிறகு அளந்து பார்த்தால், லோடிங் நேரத்தைத் தின்றது பெரும்பாலும் போர்க்களத்தைக் கட்டமைக்கிற கணக்கு வேலைதான். டிஸ்க் படிப்பு அதோடு கூடவே ஓடிக்கொண்டிருந்தது. நகல்களை நீக்கியதில் ஹார்டு டிஸ்க்காரர்களுக்குக்கூடச் சில நொடிகள்தான் கூடியது. 2025 கடைசியில் நிக்ஸஸ் என்ற நிறுவனத்தோடு சேர்ந்து, 154 ஜிபியைச் சுமார் 23 ஜிபிக்குக் கொண்டுவந்தார்கள்! ஹார்டு டிஸ்கின் முள்ளுக்காக நூற்றிமுப்பது ஜிபி வாடகை கொடுத்துக்கொண்டிருந்தோம்.

அதனால் என் யோசனை: பெரிய உலகத்தில் சுற்றித் திரிகிற புதுக் கேம்களை எஸ்எஸ்டியில் வையுங்கள். ஸ்டார்ஃபீல்டு மாதிரி சிலவற்றுக்கு எஸ்எஸ்டி கட்டாயம் என்றே போட்டிருக்கிறார்கள். சின்னக் கேம், பழைய கேம், சீட்டாட்டம் எல்லாம் ஹார்டு டிஸ்கில் சுகமாக இருக்கும்.

எவ்வளவு நேரம் ஆகும்? 100 ஜிபி கேம் என்று வைத்துக்கொள்ளுங்கள். யுஎஸ்பி 2 போர்ட்டில் செருகிய டிரைவென்றால் நொடிக்கு 35 எம்பி, கிட்டத்தட்ட 48 நிமிடம். ஹார்டு டிஸ்க் 120 எம்பி எழுதினால் 14 நிமிடம். சாட்டா என்ற இணைப்பில் மாட்டுகிற எஸ்எஸ்டிகள் இரண்டுக்கு நடுவே மூன்றரை நிமிடம். பொடி ஃபைல் நிறைய உள்ள கேமில் இன்னும் கூடும். மலிவான எஸ்எஸ்டியில் முதலில் ஜெட் வேகத்தில் போய், பாதியில் மாட்டுவண்டி ஆகிவிடும். உள்ளே இருக்கிற வேகமான தற்காலிக இடம் நிரம்பிவிட்டது, அவ்வளவுதான். டிரைவ் கெட்டுப்போகவில்லை, விட்டுவிடுங்கள்.

வெளி டிரைவில் வைப்பவர்களுக்கு இரண்டு விஷயம். டிரைவை என்டிஎஃப்எஸ் முறையில் ஃபார்மேட் செய்யுங்கள். பழைய ஃபேட் 32-இல் 4 ஜிபிக்கு மேற்பட்ட ஒரே ஃபைல் ஏறாது, கேமில் அப்படிப்பட்ட ஃபைல்கள் சாதாரணம். இரண்டாவது, இன்று ஈ டிரைவாக இருந்தது, இன்னொரு பென்டிரைவ் செருகியிருந்தால் நாளைக்கு எஃப் ஆகிவிடும். ஸ்டீம் ஈயில் தேடிப் பார்த்துவிட்டுக் கேமே இல்லை என்று சொல்லும். மறுபடியும் அந்த கேஸ் விலாசக் கதைதான். விண்டோஸிலேயே இருக்கிற டிஸ்க் மேனேஜ்மென்டில் போய் அந்த டிரைவுக்கு ஆங்கில எழுத்து வரிசையின் கடைசிப் பக்கத்திலிருந்து ஒரு எழுத்தை நிரந்தரமாகக் கொடுத்துவிடுங்கள்.

நேரம் முடியப்போகிறது என்று கை காட்டுகிறார்கள். புது எஸ்எஸ்டி மாட்டுவதைப் பற்றி நிறையச் சொல்ல நினைத்திருந்தேன், சுருக்கமாகச் சொல்கிறேன். எம் டாட் டூ என்ற சின்னப் பலகை மாதிரி எஸ்எஸ்டியில் சாட்டா, அதைவிட வேகமான என்விஎம்இ என்று இரண்டு ஜாதி. பார்க்க ஒன்றுபோல இருக்கும். உங்கள் போர்டு எதை ஏற்கும் என்று மதர்போர்டு கையேட்டில் பார்த்துவிட்டு வாங்குங்கள். அதை மாட்டியதும் பழைய ஹார்டு டிஸ்க் காணாமல் போனால் பதறாதீர்கள். சில போர்டுகளில் அந்த ஸ்லாட் நிரம்பினால் ஒரு சாட்டா போர்ட் அணைந்துவிடும், ஒயரைப் பக்கத்துப் போர்ட்டுக்கு மாற்றுங்கள். மாட்டிய புது டிரைவ் விண்டோஸில் தெரியாவிட்டால் டிஸ்க் மேனேஜ்மென்டில் இனிஷியலைஸ், ஜிபிடி, நியூ சிம்பிள் வால்யூம்.

கடைசியாக ஒன்றே ஒன்று. ஸ்டீம் டெக் என்ற கையடக்கக் கேம் கருவி வைத்திருப்பவர்கள், அதில் பயன்படுத்திய மெமரி கார்டை விண்டோஸ் கம்ப்யூட்டரில் செருகினால், இது படிக்கவில்லை, ஃபார்மேட் செய்யவா என்று கேட்கும். கார்டு நன்றாகத்தான் இருக்கிறது, அது லினக்ஸ் முறையில் எழுதியது. கேன்சல் அழுத்துங்கள். வணக்கம்.