ஜன்னல் வெளிச்சத்தில் கதை சொன்னவர்: பாலு மகேந்திரா

(திரையில்: மழையில் நனையும் கேத்தி ரயில் நிலையம்)

உடம்பெல்லாம் சேறு. நொண்டியபடி ஒருவன் ரயில் பெட்டியை ஒட்டியே ஓடுகிறான். பழைய நினைவு அவளுக்குத் திரும்பிவிடாதா என்று குரங்கு போலக் குட்டிக்கரணம் போட்டுக் காட்டுகிறான். உள்ளே இருப்பவளுக்கு அவன் யாரென்றே தெரியவில்லை. ரயில் போய்விடுகிறது.

1982இல் வெளிவந்த ‘மூன்றாம் பிறை’. கமல்ஹாசனையும் ஸ்ரீதேவியையும் யாரும் மறக்கவில்லை. அந்தச் சாம்பல் நிற வெளிச்சத்தைக் கவனித்திருக்கிறீர்களா? எழுதி இயக்கிய பாலு மகேந்திராவேதான் கேமராவுக்குப் பின்னாலும் நின்றார். அந்த ஒளிப்பதிவுக்குத் தேசிய விருது கிடைத்தது.

(திரையில்: இலங்கை வரைபடம், மட்டக்களப்பு)

மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழியில் 1939இல் பிறந்தவர். பள்ளிச் சுற்றுலா போன இடத்தில் ஆங்கிலேய இயக்குநர் டேவிட் லீனின் படப்பிடிப்பைப் பார்த்தார். ‘மழை’ என்று இயக்குநர் குரல் கொடுத்ததும் மழை கொட்டியதாம். அன்றே சினிமா மனத்தில் விழுந்துவிட்டது என்று அவரே சொல்லியிருக்கிறார். ஆனால் புனே திரைப்படக் கல்லூரியில் மற்றப் பிரிவுகளில் இடம் கிடைக்கவில்லை, ஒளிப்பதிவுதான் கிடைத்தது. வேண்டாவெறுப்பாகப் படிக்கவில்லை. தங்கப் பதக்கத்தோடு வெளியே வந்தார்.

ராமு காரியத்தின் ‘நெல்லு’ (1974) மலையாளப் படம் அவரை ஒளிப்பதிவாளராக அறிமுகப்படுத்தியது. பிறகு மகேந்திரனின் ‘முள்ளும் மலரும்’, தெலுங்கில் ‘சங்கராபரணம்’.

(திரையில்: ஓர் அறை, ஒரே ஜன்னல், அருகில் ஒரு முகம்)

அவர் செய்ததை இந்த அறையில் பார்த்துவிடலாம். ஸ்டுடியோ வழக்கப்படி இங்கே முகத்துக்கு ஒரு விளக்கு, நிழலைப் போக்க இன்னொன்று, தலைமுடி மின்னப் பின்னாலிருந்து மூன்றாவது. முகம் பளிச்சென்று இருக்கும். மணி காலையா மாலையா என்று மட்டும் தெரியாது. இப்போது மூன்றையும் அணைத்துவிடுவோம். ஜன்னல் பக்கக் கன்னம் வெளிச்சத்தில், மறு கன்னம் மெல்ல இருட்டில். அவள் தலையைத் திருப்பினால் போதும், மனநிலையே மாறிவிட்டது போலத் தோன்றுகிறது. இந்த ஒளியை நம்பினால், நடிகர் எங்கே உட்கார வேண்டும், எந்த நேரத்தில் படமெடுக்க வேண்டும் என்பதெல்லாம் அதோடு சேர்ந்தே முடிவாகிவிடும். அவை இயக்குநரின் முடிவுகள். கேமரா பிடித்தவர் இயக்க வந்ததில் எனக்கு வியப்பே இல்லை. அவர் முன்பே பாதி இயக்கிக்கொண்டுதான் இருந்தார்.

இயக்கிய முதல் படம் கன்னட ‘கோகிலா’ (1977). கறுப்பு வெள்ளை. அதன் ஒளிப்பதிவுக்கும் தேசிய விருது. அதன் பிறகு ‘அழியாத கோலங்கள்’, ‘மூடுபனி’ என்று தமிழில் தொடர்ந்தார். தான் இயக்கிய படங்களின் கேமராவை அவர் வேறு யாரிடமும் கொடுக்கவில்லை. வணிகத்துக்காகவும் சில படங்கள் செய்தார். அவற்றை நான் திரும்பப் பார்ப்பதில்லை.

(திரையில்: பூச்சு காணாத செங்கல் சுவர்)

நான் திரும்பத் திரும்பப் பார்ப்பது ‘வீடு’. சென்னையில் ஒரு சிறு வீடு கட்டப் படாத பாடு படும் சுதாவின் கதை. பாட்டு கிடையாது. சுதாவாக நடித்த அர்ச்சனாவுக்குத் தேசிய விருது கிடைத்தது. தாத்தாவாக வருபவர் பழம்பெரும் நாடகக் கலைஞர் சொக்கலிங்க பாகவதர். ஒரு நாள் அந்தத் தாத்தா யாரிடமும் சொல்லாமல் தனியாகக் கிளம்பிவந்து, பாதி எழும்பிய வீட்டைப் பார்க்கிறார். அறை அறையாக நடக்கிறார். சுவரைத் தடவிப் பார்க்கிறார். கேமரா அவசரப்படாமல் அவர் கூடவே போகிறது. குடிபுகும் நாளைப் பார்க்க அவர் இருக்கப்போவதில்லை.